அம்மா இடுப்பில் செருகிய திருநீற்று டப்பா

அம்மனின் பிள்ளைகளான உங்கள் எல்லோருக்கும் வணக்கம். படித்தவர்களும் பெரியவர்களும் எழுதும் இந்த இதழில் நான் எழுதுவது அதிகப்பிரசங்கித்தனம். மன்னிக்க வேண்டும். எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் நான். நாலு பேர் முன்னால் பேசச் சொன்னால் தூணுக்குப் பின்னால் போய் நிற்பேன். ஆனால் இதை மனதிலேயே வைத்துக்கொண்டால் அம்மனுக்குச் செய்யும் துரோகம் என்று என் மனைவி செல்வி சொல்லிவிட்டாள். அதனால் எழுதுகிறேன்.

இந்த ஆடி மாதம் மூன்றாவது வெள்ளிக்கிழமை காலையில் என் அம்மா காணாமல் போனாள். அதற்கு முந்தின நாள்தான் நான் அவளை அடித்திருந்தேன்.

அம்மாவின் பெயர் பச்சையம்மாள். என் அப்பா செத்தபோது எனக்கு ஆறு வயது. அம்மா வீடு வீடாகப் போய்ப் பாவு பிணைத்து என்னை வளர்த்தாள். பாவு என்பது தறியில் நீளவாக்கில் ஓடும் நூல். தறியில் ஒரு பாவு நெய்து முடிந்ததும், பழைய பாவின் ஒவ்வொரு இழையோடும் புதுப் பாவின் இழையை முறுக்கிச் சேர்க்க வேண்டும். ஆயிரக்கணக்கான இழைகள். பட்டு வழுக்கும் என்பதால் விரலில் சாம்பல் தொட்டுக்கொள்வார்கள். என் அம்மா சாம்பல் தொடமாட்டாள். எங்கள் தெரு மாரியம்மன் கோயில் திருநீற்றைத்தான் தொடுவாள். அதை ஒரு சின்னத் தகர டப்பாவில் போட்டு இடுப்பில் செருகிக்கொண்டு போவாள். ஒவ்வொரு இழைக்கும் "தாயே" என்று முணுமுணுப்பாள். எனக்குத் தொழில் கற்றுக்கொடுத்தவளும் அவள்தான்.

மூன்று வருடமாக அவளுக்கு மறதி. முதலில் அடுப்பை மறந்தாள், பிறகு தெருவை மறந்தாள், கடைசியில் என்னையே மறந்துவிட்டாள்.

அந்த வியாழக்கிழமை நான் சாப்பிடப் போன நேரத்தில் அம்மா என் தறியில் உட்கார்ந்துவிட்டாள். தறியில் ஒரு கல்யாணப் புடவை பாதி நெய்தபடி இருந்தது. அந்தப் பாவின் இழைகளை ஒன்றோடொன்று சேர்த்து முறுக்கிப் பாழாக்கிக்கொண்டிருந்தாள். திரும்பி வந்து பார்த்த எனக்குக் கண் இருட்டிவிட்டது. "இனிமே தறிகிட்ட வருவியா? வருவியா?" என்று கத்தி, அவள் புறங்கையில் ஓங்கி அடித்தேன்.

அம்மா அழவில்லை. என்னை மேலும் கீழும் பார்த்தாள்.

"யாருய்யா நீ? எம்புள்ள வரட்டும், சொல்றேன் உன்ன" என்றாள்.

 அன்றைக்கு ராத்திரி நான் சாப்பிடவும் இல்லை, மறுபடி தறியில் உட்காரவும் இல்லை.

மறுநாள் காலை செல்வி காபி கொண்டுபோனபோது பாய் சுருட்டி வைத்திருந்தது. அம்மா இல்லை. கொல்லையில் பார்த்தோம். தெருவில் பார்த்தோம். பஸ் ஸ்டாண்டுக்கு ஓடினேன். டீக்கடைக்காரர் ஒருவர், "ஏம்ப்பா, வயசானத வூட்ல வெச்சி பூட்டக்கூடாதா?" என்றார். என் பின்னால் வந்த செல்விக்குக் கோபம் வந்துவிட்டது. "பூட்டி வெக்கிறதுக்கு அது என்னா மாடா? பாத்தியா, பாக்கலயா? அதச் சொல்லு" என்றாள். அவர் பார்க்கவில்லை. யாரும் பார்க்கவில்லை. போலீஸில் எழுதிக் கொடுத்தோம்.

பதினொரு மணி இருக்கும். செல்வியின் தம்பி, என் மச்சான், போன் செய்தான்.

"மாமா, ஒங்கம்மா இன்னா கலர் பொடவ கட்டிகினு இருந்தாங்க?"

எனக்குத் தெரியவில்லை. முப்பத்தைந்து வருடமாக ஊருக்கெல்லாம் புடவை நெய்கிறேன். என் அம்மா என்ன புடவை கட்டியிருந்தாள் என்று எனக்குத் தெரியவில்லை. போனைச் செல்வியிடம் கொடுத்தேன். "அரக்கு" என்றாள் அவள். "அரக்கா?" என்று இன்னொரு முறை கேட்டான். பிறகு, "ஜல்தி ஆத்துப் பாலத்துக்கு வரச் சொல்லு அக்கா" என்றான்.

எப்படி ஓடினேன் என்று தெரியாது. பாலத்துக்குக் கீழே மணலில் அரக்குப் புடவை கட்டிய ஒரு வயதான அம்மா கவிழ்ந்து கிடந்தாள். சுற்றிக் கூட்டம். நான் பக்கத்தில் போகாமல் அப்படியே நின்றுவிட்டேன். செல்விதான் போய் முகத்தைத் திருப்பினாள். "அத்த இல்லீங்க, அத்த இல்லீங்க" என்று கத்தினாள். வெயிலில் மயங்கி விழுந்த வேறு யாரோ. உயிர் இருந்தது. தண்ணீர் கொடுத்தோம், ஆம்புலன்ஸ் வந்து ஏற்றிக்கொண்டு போனது. அது என் அம்மா இல்லை என்றதும் எனக்குச் சந்தோஷமாக இருந்தது. அவளும் யாருக்கோ அம்மா என்று பிறகுதான் தோன்றியது. அதை நினைத்தால் இன்றும் வெட்கமாக இருக்கிறது.

கோயிலில் கூழ் ஊற்றுகிற நாள் அது. தெரு முழுக்க ஜனம். மைக்கில் சொல்லச் சொன்னார்கள். வாழ்க்கையில் முதல் முறையாக மைக்கைப் பிடித்தேன். "எங்கம்மாவக் காணோம்" என்றேன். மேலே ஒரு வார்த்தை வரவில்லை. பூசாரி வாங்கி மீதியைச் சொன்னார்.

நான் சந்நிதிக்கு முன்னால் போய் விழுந்தேன். "தாயே, அடிச்ச கை இதுதான். இத எடுத்துக்கோ. இந்தக் கையால இனிமே நெய்யவே வேணாம். எங்கம்மாவ மட்டும் குடுத்துடு. அவளுக்கு என்னத் தெரியாட்டியும் பரவால்ல." இவ்வளவுதான் கேட்டேன். நான் பெரிய பக்தன் இல்லை. அம்மா கும்பிடுவாள், நான் அவள் பின்னால் நிற்பேன், அவ்வளவுதான். தனியாக நின்று கேட்டது அன்றுதான்.

எழுந்தபோது பூசாரி என் கையில் திருநீறு போட்டார். அந்தக் கையில்தான். பூசிக்கொள்ள விரலால் தொட்டேன். பாவு பிணைக்கும்போது தொடுவது போலவே என் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் தானாகச் சேர்ந்து முறுக்கின. அப்படியே நின்றுவிட்டேன். டப்பா!

வீட்டுக்கு ஓடினேன். சாமி மாடத்தில் இருக்கும் தகர டப்பா அங்கே இல்லை. வெளி வீட்டுக்குப் பாவு பிணைக்கப் போகிற நாளில் மட்டும்தான் அம்மா அதை எடுப்பாள். அப்படியானால் அவள் வழி தெரியாமல் அலையவில்லை. வேலைக்குப் போயிருக்கிறாள்.

அந்தக் காலத்தில் அவள் நடந்தே அதிகம் வேலைக்குப் போன பக்கத்து ஊர் முள்ளிப்பட்டு. ஷேர் ஆட்டோவில் போனோம். "இன்னிக்கி யார் வூட்லயாவது பாவு பிணைக்கிறாங்களா?" என்று வாசல் வாசலாகக் கேட்டேன். கூச்சமெல்லாம் எங்கே போனதோ தெரியாது. ஒரு அம்மா, "புதுசா குடி வந்த புள்ளைங்க வூட்ல பாரு, காலையிலேருந்து நடக்குது" என்று கை காட்டினாள்.

நிலைப்படியில் நிற்கும்போதே கேட்டுவிட்டது. "தாயே... தாயே... தாயே..."

என் அம்மா தறிக்குள் உட்கார்ந்து பிணைத்துக்கொண்டிருந்தாள். இடுப்பில் டப்பா. பாதிக்கு மேல் முடித்திருந்தாள். எதிரில் ஒரு இளம் பெண் இழை எடுத்துக் கொடுத்துக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் அவள் புருஷன் எழுந்து வந்தான்.

"எங்களுக்குத் தறி வேல குடுக்கற மேஸ்திரி, பாவு பிணைக்க ஒரு அம்மாவ அனுப்பறேன்னு சொன்னாருங்க. காலையில இவங்க வாசல்ல வந்து நின்னாங்க. அவங்கதான்னு நெனச்சி உக்கார வெச்சிட்டோம். இன்னாங்க, அவங்க இல்லியா?"

மேஸ்திரிக்குப் போன் செய்து கேட்டான். வரவேண்டிய அம்மாவுக்குக் காய்ச்சலாம், வரவே இல்லையாம். நான் குனிந்து பார்த்தேன். ஒரு இழை தப்பவில்லை. என் பெயர் தெரியாதவளுக்கு ஒரு இழை கூடத் தப்பவில்லை! 

"அம்மா" என்றேன்.

"சத்தம் போடாதீங்க, இழ தப்பிடும்" என்றாள், நிமிராமல்.

அந்த இளம் பெண் என்னிடம் மெதுவாகச் சொன்னாள்: "ஆயா கையில செவந்து வீங்கி இருக்குதுங்க. இன்னா ஆயான்னு கேட்டேன். யாரோ அடிச்சிட்டாங்களாம். எம்புள்ளகிட்ட மட்டும் சொல்லிடாதம்மா, சின்னப் பையன், தாங்கமாட்டான், அழுவான்னு சொல்றாங்க."

நான் அங்கேயே சுவரைப் பிடித்துக்கொண்டு அழுதேன்.

பிறகு அம்மாவின் எதிரில் உட்கார்ந்து இழை எடுத்துக் கொடுத்தேன். விளக்கு வைக்கும் நேரத்தில் பாவு முடிந்தது. அம்மா என் விரலைப் பார்த்து, "நல்லா எடுத்துக் குடுக்கற. யாருகிட்ட கத்துகின?" என்றாள். "எங்கம்மாகிட்ட" என்றேன். "நல்ல பொம்பளதான்" என்றாள்.

அன்றிலிருந்து எங்கள் வீட்டில் சத்தம் இல்லை. நான் கை ஓங்குவது இல்லை. வெட்டி மிஞ்சிய பட்டு இழைகளைத் தினமும் அம்மா மடியில் போடுகிறேன். நாள் முழுக்கப் பிணைத்துக்கொண்டிருக்கிறாள். கோயில் திருநீற்றை டப்பாவில் நிரப்பிக் கொடுப்பது என் வேலை. காலையில் அவள் என்ன புடவை கட்டியிருக்கிறாள் என்று பார்த்துவிட்டுத்தான் தறிக்குப் போகிறேன்.

சொந்தங்களே, என்னைப் போலத் தப்பு செய்தவர்கள் உங்களிலும் இருக்கலாம். கேட்க எனக்கு என்ன யோக்கியதை என்று நிற்காதீர்கள். நானும் அப்படித்தான் நின்றேன். அடித்த கையிலேயே அம்மன் திருநீற்றைப் போட்டு வழி காட்டினாள். கூப்பிடுங்கள், வருவாள்.

அம்மா கிடைத்த மறுநாள் சனிக்கிழமை. முள்ளிப்பட்டு வீட்டில் புதுப் பாவில் நெசவு தொடங்கியதாகப் போன் வந்தது. அம்மா காலையில் இரண்டு இட்லி சாப்பிட்டாள். என்னை யார் என்று கேட்டாள். சொன்னேன். சரி என்றாள்.