கருணைக்கிழங்கில் விட்டுப்போன மூன்றாவது படி

சமையல் குறிப்பு எழுதுகிறவனால் யாருக்கும் எந்த ஆபத்தும் வராது என்று நம்பிக்கொண்டிருந்தேன். ஏதோ போகிற போக்கில் நம்பியதல்ல. அதை நம்பித்தான் வேலையையே மாற்றிக்கொண்டேன்.

அதற்கு முன்னால் பத்தொன்பது வருஷம் ஹைதராபாத் சனத்நகரில் ஒரு இன்ஜினியரிங் கம்பெனியில் தரப் பரிசோதகனாக இருந்தேன். என் மேஜைக்கு வருகிற வால்வுகள் எங்கேயோ ஒரு ஊரில் ஏதோ ஒரு பாய்லரில் போய் உட்காரும். நான் கொட்டாவி விட்ட நேரத்தில் ஒன்று தப்பிப்போனால் அந்தப் பாய்லர் பக்கத்தில் நிற்கிறவன் கதி என்ன? இந்த யோசனையிலேயே எனக்கு வயிறு சரியாக இருந்ததில்லை. கம்பெனியில் ஆட்குறைப்பு என்று சொன்ன அன்று எல்லோரும் முகத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டு நின்றார்கள். நான் மட்டும் லட்டு வாங்கிக்கொண்டு மெட்டுகுடா வீட்டுக்கு வந்து இறங்கினேன். வீட்டுக்காரி ரயில்வேயில் கிளார்க். குவார்ட்டர்ஸ் அவள் பேரில் இருந்ததால் எனக்கு அந்தத் தைரியம். இனிமேல் என் தப்பால் உலகத்தில் நடக்கக்கூடிய அதிகபட்ச விபரீதம், சாம்பாரில் உப்பு தூக்கலாகப் போவது. இப்படித்தான் கணக்குப் போட்டேன்.

சமையல் எனக்கு வரும். எழுத்தும் கொஞ்சம் வரும். இரண்டும் சேர்ந்தால் பிழைக்கலாம் என்று செல்போன் செயலி ஒன்று காட்டியது. கொண்டாப்பூரில் அலுவலகம், பல மொழிகளில் சமையல் குறிப்புகள், தமிழுக்கு என்னையும் சேர்த்து நாலைந்து பேர். பார்க்கிறவர்கள் பெரும்பாலும் வேலைக்காக இங்கே வந்து, அம்மா சமையலைப் போனில் தேடுகிற பிள்ளைகள்.

தொழிற்சாலையை விட்டு வந்தேனே தவிர, தொழிற்சாலை என்னை விட்டு வரவில்லை. அங்கே ஒவ்வொரு உருப்படிக்கும் ஒரு 'ஜாப் கார்டு' உண்டு. என்னென்ன செய்தோம் என்று வரிசையாக எழுதி, அடியில் இரண்டு கையெழுத்து, செய்தவனுடையதும் பரிசோதித்தவனுடையதும். அதையே வீட்டுச் சமையலறைக்கும் கொண்டுவந்தேன். குறிப்பை எழுதுகிறவன் நான். சமைத்ததைச் சாப்பிட்டுப் பார்த்துக் கையெழுத்துப் போடுகிறவள் வீட்டுக்காரி. உப்பு, காரம், பதம் என்று மூன்று கட்டங்கள். கருணைக்கிழங்கு மசியலுக்கு மட்டும் அவளே நாலாவதாக ஒரு கட்டம் போட்டு, 'தொண்டை: சரி' என்று எழுதிக் கையெழுத்திட்டாள். அரிக்கிற கிழங்கு இல்லையா?

அந்தக் கார்டில் மொத்தம் பதினோரு படிகள். அதை அனுப்பிய அன்றே செயலியின் தமிழ்ப் பகுதியைப் பார்த்துக்கொள்கிற பெண் கூப்பிட்டாள். கோயம்புத்தூர்க்காரி. என் மகளை விட நாலைந்து வயசுதான் கூட இருக்கும்.

"சார், எட்டுப் படிக்கு மேல போகக் கூடாதுங்க. போனா ஜனங்க தள்ளிவிட்டுட்டு அடுத்த அயிட்டத்துக்குப் போயிடறாங்க."

"பதினொண்ணு இருக்கேம்மா."

"மூணை எடுத்துருங்க சார். எல்லாருக்கும் தெரிஞ்சதா இருக்குமில்லீங்க, அந்த மாதிரி."

எடுத்தேன். கிழங்கை மண் போகக் கழுவச் சொன்னது முதலில் போயிற்று. கடுகு வெடிக்கும்வரை காத்திருக்கச் சொன்னது அடுத்தது. பிறகு மூன்றாவது படி: 'அரிசி கழுவிய தண்ணீரில் புளியைக் கரைத்து, அதிலேயே கிழங்கை வேகவைக்கவும்.' இதை எடுக்கும்போது எனக்குச் சிரிப்புகூட வந்தது. அரிப்பை முறிக்கிற புளி இல்லாமல் கருணைக்கிழங்கை வேகவைக்கிற தமிழன் ஒருத்தன் இனிமேல்தான் பிறக்க வேண்டும் என்று நினைத்தேன். அவன் பிறந்து, படித்து, கொண்டாப்பூரில் வேலைக்குச் சேர்ந்து, கல்யாணமும் பண்ணிக்கொண்டிருந்தான். எனக்குத்தான் தெரியவில்லை.

தொழிற்சாலையில் வரைபடத்தில் ஒரு கோடு மாறினாலும் பரிசோதகனிடம் புதுக் கையெழுத்து வாங்க வேண்டும். நான் வாங்கவில்லை. வீட்டுக்காரி ஆபீஸ் போயிருந்தாள், எனக்கு அவசரம். எட்டுப் படியை அனுப்பிவிட்டேன்.

குறிப்பு வெளிவந்த இரண்டாம் நாள் ஒருவர் செய்தி அனுப்பினார். முகத்துக்குப் பதிலாக ஒரு ஹெல்மெட் படம். "சார், கருணைக்கிழங்கு ஹைதராபாத்துல எங்க கிடைக்கும்? ஊர்லேர்ந்து மாமனார் வர்றார். ஞாயிற்றுக்கிழமை நானே சமைக்கலாம்னு இருக்கேன். இதுதான் முதல் தடவை."

எனக்குப் பெருமை தாங்கவில்லை. மோண்டா மார்க்கெட்டில் எந்தப் பக்கம் விற்பார்கள் என்று எழுதிவிட்டு, கூடவே ஒரு மேதாவித்தனமும் சேர்த்தேன்: 'புதுசாகத் தோண்டியதாகப் பார்த்து வாங்குங்கள்.' கருணைக்கிழங்கைப் பழசாகப் பார்த்துத்தான் வாங்க வேண்டும். தோண்டிய ஈரம் காயாத கிழங்கு இரண்டு மடங்கு அரிக்கும். இதுவும் எனக்கு நன்றாகத் தெரியும். ஆனால் பெருமை வந்தால் எனக்கு அறிவு கொஞ்சம் தள்ளி நின்றுகொள்ளும்.

ஞாயிற்றுக்கிழமை மதியம் இரண்டு மணிக்கு ஹெல்மெட்டிடமிருந்து செய்தி வந்தது. பாராட்டு என்று நினைத்து, வீட்டுக்காரிக்கும் கேட்கட்டும் என்று சத்தமாகவே படிக்க ஆரம்பித்தேன்.

"சார், உங்க மசியல் செஞ்சேன். மாமனாருக்கு உதடு வீங்கிடுச்சு. தொண்டை அடைக்குதுங்கறார். ஆஸ்பத்திரிக்குப் போயிட்டிருக்கோம்."

பாதியில் என் சத்தம் போய்விட்டது. மீதியை அவளே வந்து போனைப் பிடுங்கிப் படித்தாள். பிறகு குறிப்பைத் திறந்து ஒன்று, இரண்டு என்று விரலை வைத்து எண்ணினாள்.

"புளி எங்கங்க?"

"எல்லாருக்கும் தெரியும்னு…"

"பத்தொன்பது வருஷம் வால்வைத் தட்டித் தட்டிப் பார்த்தீங்களே, ஒரு கிழங்கைக் கோட்டை விட்டுட்டீங்களே!"

கல்லூரிக்குப் போகிற மகள் சோபாவில் படுத்திருந்தாள். நாங்கள் தமிழில் பேசினால் அவளுக்கு எல்லாம் புரியும். பதில் மட்டும் வேறு மொழியில் வரும். "டெலீட் கர்தோ டாடி, பஸ்" என்றாள். அழித்துவிட்டால் தீர்ந்தது என்கிறாள். சொல்ல வெட்கமாக இருக்கிறது, என் விரல் அந்தப் பொத்தான் வரைக்கும் போய்விட்டது.

'எந்த ஆஸ்பத்திரி?' என்று கேட்டுச் செய்தி அனுப்பினேன். பதில் இல்லை. அந்த இடைவெளியில் நான் செய்யக்கூடாத காரியத்தைச் செய்தேன். கருணைக்கிழங்கு, தொண்டை வீக்கம் என்று கூகுளில் தேடினேன். கிழங்கில் கண்ணுக்குத் தெரியாத ஊசிகள் இருக்குமாம். அவை குத்தித் தொண்டை வீங்குமாம். ரொம்ப அபூர்வமாக மூச்சுக்குழாய் அடைபடுமாம். அபூர்வமாக என்கிற வார்த்தையை என் மனசு படிக்கவே இல்லை. ஊரிலிருந்து மகளைப் பார்க்க வந்த ஒரு பெரியவர், வாழை இலைக்கு முன்னால், என் குறிப்பைச் சாப்பிட்டு… அதற்கு மேல் யோசிக்க முடியாமல் எழுந்து பாத்ரூம் போனேன். திரும்பி வந்து மறுபடியும் போனேன்.

இருபது நிமிஷம் கழித்து பதில் வந்தது. ஒரு வார்த்தை இல்லை. வெறும் வரைபடப் புள்ளி, கொண்டாப்பூரில் ஒரு ஆஸ்பத்திரி. நல்ல சேதி என்றால் மனுஷன் ஒரு வார்த்தை எழுதமாட்டானா?

சட்டையை மாட்டினேன். வீட்டுக்காரியும் செருப்பைப் போட்டாள். "நீ எதுக்கு?" என்றேன். "கார்டுல கையெழுத்து என்னோடதுதானே?" என்று அந்தப் பதினோரு படி ஜாப் கார்டைக் கைப்பையில் வைத்துக்கொண்டாள். எனக்கு அது பக்கபலமா, சாட்சியமா என்று தெரியவில்லை. கேட்கவும் பயம்.

மெட்டுகுடாவில் மெட்ரோ ஏறினோம். ராய்துர்க்கம் வரைக்கும் ஒரே வண்டி, அதாவது இறங்கித் தப்பி ஓட வழியில்லை. அமீர்பேட்டை வருவதற்குள் என்னைக் கைது செய்து, கோர்ட்டில் நிறுத்தி, ஜாமீன் மறுத்தாகிவிட்டது. ஜெயிலில் சமையல் வேலை கொடுத்தால் என்ன செய்வது, கருணைக்கிழங்கு என்றால் முடியாது என்று சொல்லலாமா என்றுகூட யோசித்தேன். எதிர் சீட்டில் ஒரு போலீஸ்காரர் உட்கார்ந்திருந்தார். அவர் கண்ணை மூடித் தூங்கியதுகூட என்னை ஏமாற்றுவதற்கு என்றுதான் பட்டது.

வீட்டுக்காரி காதோரம் சொன்னாள். "வேற யாராவது இப்பவும் அதைப் பார்த்துச் சமைச்சிட்டிருப்பாங்க. முதல்ல புளியைச் சேருங்க."

அதுவரைக்கும் எனக்கு அது தோன்றவே இல்லை. உடனே கோயம்புத்தூர்ப் பெண்ணைக் கூப்பிட்டு விஷயத்தைச் சொன்னேன்.

"புளியைச் சேர்த்துருங்க சார். ஆனா முன்னாடி இல்லை, இப்பத்தான் சேர்த்தேன்னெல்லாம் எழுதிடாதீங்க. நாமளே ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடும். மேல கேட்டுச் சொல்றேன்."

"எட்டுக்கு மேல போகக் கூடாதேம்மா."

"ஐயோ சார், போகட்டுங்க!"

வண்டியிலேயே மூன்றாவது படியைத் திரும்ப எழுதினேன். தப்பைத் திருத்தியிருக்கிறேன் என்று ஒரு வரி சேர்க்க வேண்டும் என்று தெரிந்தது. சேர்க்கவில்லை. அவள் சொன்னதால் அல்ல. எனக்குப் பயம், அவள் சொன்னது வசதியாக இருந்தது.

ஆஸ்பத்திரியில் அவசரப் பிரிவு வாசலிலேயே ஹெல்மெட் நின்றிருந்தார். உண்மையிலேயே கையில் ஹெல்மெட் இருந்தது. முப்பது வயசு இருக்கும். முகம் வெளுத்துப்போயிருந்தது. நான் யாரென்று சொன்னதும் பதறிவிட்டார்.

"சார், நீங்களா? இவ்வளவு தூரம் எதுக்கு சார்? ஊசி போட்டு உள்ளே படுக்க வெச்சிருக்காங்க. இன்னும் ஒரு மணி நேரம் பார்க்கணுமாம். பொண்டாட்டி உள்ளே இருக்கா, என்கூடப் பேசவே மாட்டேங்கறா." போனை என் முன்னால் நீட்டினார். "தப்பு என்னோடது சார். இப்பத்தான் உங்க குறிப்பைத் திரும்பப் பார்த்தேன். மூணாவது படியில புளின்னு தெளிவாப் போட்டிருக்கீங்க. அவசரத்துல நான் கவனிக்கவே இல்லை."

இப்படி ஒரு கதவு திறக்கும் என்று நான் கனவிலும் நினைக்கவில்லை. நாற்பது நிமிஷத்துக்கு முன்னால் நான் எழுதியது, அவர் கண்ணுக்கு ஒரு வாரமாக அங்கேயே இருந்ததாகத் தெரிகிறது. நான் வாயைத் திறக்க வேண்டியதில்லை. 'பரவாயில்லைங்க, எல்லாருக்கும் நடக்கிறதுதான்' என்று தோளைத் தட்டினால் போதும், மனுஷன் வாழ்நாள் முழுக்க எனக்கு நன்றியோடு இருப்பார். உண்மையைச் சொல்லிவிடுகிறேன், என் கை அவர் தோளை நோக்கிக் கிளம்பிவிட்டது.

வீட்டுக்காரி கைப்பையின் ஜிப்பை மட்டும் திறந்தாள். பத்தொன்பது வருஷ உத்தியோகத்தில் எந்த மேனேஜரும் என்னை அப்படிப் பயமுறுத்தியதில்லை.

"இல்லைங்க" என்றேன். "நீங்க பார்க்கும்போது அந்தப் படி இல்லை. நான்தான் எடுத்திருந்தேன். இப்ப மெட்ரோவுல வரும்போது சேர்த்தேன். புதுக் கிழங்கா வாங்கச் சொன்னதும் தப்பு."

அவர் என்னைப் பார்த்தார், போனைப் பார்த்தார், மறுபடி என்னைப் பார்த்தார். அடித்தால் எந்தப் பக்கம் விழலாம் என்று நான் சுவரைப் பார்த்தேன்.

"இதை என் பொண்டாட்டிகிட்ட வந்து சொல்றீங்களா சார்?" என்றார்.

உள்ளே போனோம். திருநெல்வேலிப் பக்கத்துப் பெரியவர். உதடு இரண்டும் தடித்து, ஆனால் கண்ணெல்லாம் தெளிவாக, தலையணையில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் மகள், அழுது சிவந்த மூக்கோடு. நின்றுகொண்டே எல்லாவற்றையும் சொன்னேன். எட்டுப் படி, பதினோரு படி, மெட்ரோவில் திருத்தியது, எதையும் விடவில்லை. வீட்டுக்காரி ஜாப் கார்டை எடுத்துக் கொடுத்தாள். பெரியவர் கண்ணாடி வாங்கிப் போட்டு முழுசாகப் படித்தார். 'தொண்டை: சரி' என்ற இடம் வந்ததும் அவர் தோள் குலுங்கியது. மறுபடி மூச்சு முட்டுகிறதோ என்று நர்ஸைக் கூப்பிட ஓடினேன். சிரிக்கிறார் என்று மகள் சொல்லித் திரும்ப அழைத்தாள்.

மாப்பிள்ளை மருந்து வாங்கப் போன பிறகு மகள் கேட்டாள். "ஏம்ப்பா, மொதல்லயே அரிக்கலையா உங்களுக்கு?"

கம்மிய குரலில் அவர் சொன்னார். "ஏட்டி, மொத வாயிலயே தெரிஞ்சிட்டு. மாப்ள மொத மொதலா அடுப்புல நின்னுருக்காரு, நல்லா இருக்கா மாமான்னு மொகத்தையே பாத்துட்டு நிக்காரு. வேண்டாம்னு எப்படிச் சொல்ல?"

நடந்தது இவ்வளவுதான். புளி இல்லாமல் வெந்த கிழங்கு தொண்டையை அரித்தது. பெரியவர் அதைத் தெரிந்துகொண்டே சாப்பிட்டார். நன்றாக இருக்கிறது என்று சொல்லி, இரண்டாவது தடவையும் கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். அதில்தான் வீங்கியது. சாயங்காலம் ஆறரை மணிக்கு வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். வீடு திரும்பும் வழியில், தப்பு என்னுடையது என்று குறிப்பின் மேலேயே எழுதினேன். கோயம்புத்தூர்ப் பெண் இரண்டு நாள் என்னோடு பேசவில்லை, ஆனால் அந்த வரியை எடுக்கவும் இல்லை. அந்தக் குறிப்பில் இப்போது ஒன்பது படிகள் இருக்கின்றன. கொத்தமல்லி தூவச் சொல்கிற ஒன்பதாவது படி போன் திரையில் பாதி வெட்டுப்பட்டுத்தான் தெரிகிறது.