சப்பரம் ஏறிய குவாரிப் பூ

சுல்மீரா டீச்சர் கோயில் பக்கம் தலைவைத்தும் படுக்காதவள். அப்படிப்பட்டவள் அப்பரெசீதா மாதா திருநாளன்று சப்பரம் தூக்க வந்து நின்றதும், மீனாஸ் மாநிலத்து மலையில் இருந்த அந்தச் சிற்றூரே வாயைப் பிளந்தது. பங்குச்சாமியாருக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. பாவம், அவருக்கு விஷயம் தெரியாது.

விஷயம் ஒரு கிழங்கு. ஊருக்கு மேலே குவாரிக்காரர்கள் பாறையை வெடிவைத்துத் தகர்த்தபோது, இடுக்கில் ஒட்டிக்கொண்டிருந்த லில்லிக் கிழங்கைப் பிடுங்கி வந்து தொட்டியில் வைத்தாள் டீச்சர். இந்தக் குடும்பத்தில் இலையெல்லாம் ஒரே அச்சு; பூத்தால்தான் யார் எவர் என்று தெரியும். நிறத்தையும் நம்ப முடியாது, பாதிப்பேர் சிவப்புச் சட்டைதான். பூவின் தொண்டைக்குள் எட்டிப் பார்க்க வேண்டும். நடுவே நீண்டிருக்கும் சூல்தண்டின் நுனி, அதாவது சூல்முடி, மூன்றாகப் பிரிந்திருந்தால், அந்தப் பாறைக்கே உரிய தனி இனம். உருண்டிருந்தால் வேலியோரத்துச் சாதாரணம். தனி இனமென்றால், பாறை போன பிறகு உலகத்தில் அது ஒன்றுதான் மிச்சம். தன் தொட்டியில் அது பட்டுப்போனால் அவ்வளவுதான் என்று அவளுக்கு ஓயாத பயம். கிழங்கோ வருஷக்கணக்காக இலையாகவே விட்டது. அவளும் அதைத் திட்டிக்கொண்டும் கொஞ்சிக்கொண்டும் தண்ணீர் ஊற்றினாள்.

கடைசியில் ஒரு தண்டும் இரண்டு மொட்டும் வந்தன. திருநாளுக்கு முதல் நாள், டீச்சர் பள்ளிக்கூடம் போயிருந்த நேரம் பார்த்து முதல் பூ விரிந்தது. அவளோடு இருக்கும் அக்கா ஒடெட், தண்டோடு அறுத்துப்போய்ச் சப்பரத்தில் செருகிவிட்டாள். சாயங்காலம் காப்பி ஊற்றிக்கொண்டே, சாவகாசமாகச் சொன்னாள்.

"நீ உரம் போட்டே. நான் மாதாகிட்ட கேட்டேன். பூத்தா முதல் பூ அவங்களுக்குன்னு நேர்ந்துக்கிட்டேன். இப்ப வாக்கு மாறச் சொல்றியா?"

அப்படிச் சொல்ல டீச்சருக்கு மனசு வரவில்லை. சப்பரத்தின் பக்கத்திலேயே நடந்தால் பூவின் தொண்டையையாவது பார்த்துவிடலாம் என்றுதான் தோள் கொடுக்க வந்தாள்.

பவனி கிளம்பியது. டீச்சர் மாதாவை விட்டுவிட்டுப் பூவையே அண்ணாந்து பார்த்து நடந்தாள். அது எட்டாத உயரத்தில் முகத்தைத் திருப்பிக்கொண்டிருந்தது. பின்னால் தூக்கி வந்த தச்சர், டீச்சரின் பக்தியைக் கண்டு மூக்கைச் சிந்தினார். ரொட்டிக்கடைத் திருப்பத்தில் சப்பரத்தை இறக்கினார்கள். வெயில் பட்டு, இரண்டாவது மொட்டும் அவிழ்ந்திருந்தது. ஒடெட் சாமியாரைக்கூடக் கேட்காமல் கடை நாற்காலியை இழுத்துப் போட்டு ஏறி, அதைக் கிள்ளித் தங்கையிடம் நீட்டினாள்.

"நேர்ந்தது முதல் பூவைத்தான். இது உன்னோடது. சீக்கிரம் பாரு, ஊரே நிக்குது."

டீச்சர் லென்ஸை எடுத்தாள். பாண்டு வாசிப்பவர்கள் வாத்தியங்களை இறக்கினார்கள். சூல்முடி குமிழ் மாதிரி உருண்டிருந்தது.

"சாதாரணம்தான்க்கா. எல்லார் வீட்டு வேலியிலயும் இருக்குமே, அதுதான்."

"அப்ப அது ஒண்டிக்கட்டை இல்ல," என்றாள் ஒடெட். "ஊர் பூரா சொந்தபந்தம் இருக்கு. இதுக்கா அழுவுறே?"

டீச்சர் கண்ணைத் துடைத்துக்கொண்டு பார்த்தாள். ரொட்டிக்கடை வேலியோரம் அதே சிவப்பு வரிசையாக நின்றது. இத்தனை வருஷமாகச் சுமந்த பயம் போன இடம் தெரியவில்லை. அவளே நாற்காலியில் ஏறி, கையிலிருந்த பூவை முதல் பூவின் பக்கத்தில் செருகினாள்.

பிறகு இறங்கி, பார்ப்பதற்கு இனி ஒன்றும் இல்லாதபோதும், மறுபடி தோள் கொடுத்தாள்.