இடது இருக்கை, இடது கன்னம்

அந்த டிரைவிங் ஸ்கூலில் அவளுக்கு வைத்த பெயர் பிரேக் அக்கா. பதினேழு வருடங்களாகக் காரின் இடது இருக்கையில் உட்கார்ந்து, காலடியில் தனக்கென்று பொருத்தியிருக்கும் இன்னொரு பிரேக்கை மிதித்து மிதித்தே ஊரில் பாதிப் பேரின் உயிரைக் காப்பாற்றியிருப்பதாக அவள் சொல்லிக்கொள்வாள். மீதிப் பாதி, பாட்டுக்காரனிடம் படித்தவர்கள். அவர்கள் ஓட்டுகிற லட்சணத்தைத்தான் ரோட்டில் பார்க்கிறோமே என்பாள்.

பாட்டுக்காரன் அங்கே இருந்த இன்னொரு ஆசிரியன். அவளைவிட ஆறு வயது இளையவன். கற்றுக்கொள்ள வருகிறவர்கள் பதறாமல் இருக்க வேண்டுமென்று வண்டியில் பாடிக்கொண்டே வருவான். அந்தப் பாட்டைக் கேட்டுத்தான் பதறுகிறார்கள் என்பது அவள் கட்சி. இரண்டு கார்கள், இரண்டு ஆசிரியர்கள், ஒரு முதலாளி, சாலைக் குறிகளின் படங்கள் ஒட்டிய ஒரு வகுப்பறை. பள்ளிக்கூடம் என்று பெயர்ப்பலகை போட்டுக்கொள்ள இது போதுமாக இருந்தது.

அவளுக்கென்று சில சட்டங்கள் உண்டு. காரின் கண்ணாடியை ஏற்றக்கூடாது. ஏற்றினால் பின்னால் வருகிறவன் ஹாரன் அடிப்பது மாணவர்கள் காதில் விழாது. இடது முழங்கை சன்னலில். வலது கை எப்போதும் காய்ந்து, காலியாக இருக்க வேண்டும். எந்த நொடியில் ஸ்டியரிங்கைப் பிடித்து இழுக்க நேரும் என்று யாருக்குத் தெரியும்? இப்படிப் பதினேழு வருடம் உட்கார்ந்ததில் இடது கை மட்டும் வெயிலில் கறுத்து, அவளுடைய இரண்டு கைகளும் இரண்டு ஆட்களுடையவை மாதிரி ஆகிவிட்டன. இடது கையைப் பிடித்துக்கொண்டு, "இவங்களை எங்கயோ பாத்த மாதிரி இருக்கே" என்று அவள் வீட்டுக்காரர் கேட்பார். ஒரே நகைச்சுவையைப் பத்து வருடம் ஓட்டுகிற மனிதர் அவர்.

இடது கன்ன எலும்பின் மேல் ஒரு சொரசொரப்பு வந்தது. பருப்பு அளவுதான் இருக்கும். உரியும், பொருக்குக் கட்டும், பொருக்கு விழுந்தால் அடியில் அதேபோல் இன்னொன்று இருக்கும். பவுடரைப் போட்டு மறைத்து ஒரு வருடம் தள்ளினாள். தங்கச்சி மருந்துக்கடையில் வேலை பார்க்கிறவள். கண்ணில் பட்டதும் விடவில்லை. கையைப் பிடித்துத் தரதரவென்று தோல் டாக்டரிடம் இழுத்துக்கொண்டு போனாள்.

டாக்டரம்மா ஒல்லியான, அவசரப்படாத பெண்மணி. விளக்கு வைத்த லென்ஸால் கன்னத்தைப் பார்த்துவிட்டு அதோடு நிற்கவில்லை. காதை முன்னால் மடித்துப் பார்த்தார், காதின் மேல்விளிம்பைத் தடவிப் பார்த்தார், முடியை வகிர்ந்து பார்த்தார், பிடரியைப் பார்த்தார்.

"கன்னத்தைக் காட்டத்தான் டாக்டர் வந்தேன்" என்றாள்.

"அது உங்களுக்குத் தெரியற இடம். உங்களுக்குத் தெரியாத இடத்தையும் நான் பாக்கணும்ல? காதுல யாரும் எதுவும் பூசறதில்ல. வெயில் மட்டும் அங்கயும் அடிக்குது."

வெட்டி எடுத்து, மூன்று தையல் போட்டு, துண்டைப் பரிசோதனைக்கு அனுப்பினார்கள். முடிவு வந்த அன்று டாக்டரம்மா நேராகவே பேசினார். இது இன்னும் அந்தக் கெட்ட வியாதி இல்லை. விட்டிருந்தால் ஆகியிருக்கலாம். கண்ணாடியை ஏற்றிக்கொள்ளுங்கள், தொப்பி போடுங்கள், தினமும் சன்ஸ்கிரீன் பூசுங்கள். "மறுபடி வந்துச்சுன்னா கண்ணுக்குப் பக்கத்துல கத்தி வைக்கணும். அப்புறம் வெயில்ல வேலையே கூடாதுன்னு எழுதிக் கொடுத்துடுவேன், சொல்லிட்டேன்."

இதைக் கேட்ட முதலாளி ஆறுதலாகச் சொன்னார்: "அதுக்கென்ன, வகுப்பறை இருக்குல்ல? குச்சியப் புடிச்சுட்டு உக்காந்த எடத்துலயே பாடம் எடுக்கலாம்."

அவள் நிஜமாகப் பயந்தது அப்போதுதான். கத்திக்குக்கூட அவள் அவ்வளவு பயப்படவில்லை. அந்த வகுப்பறையில் மின்விசிறி கடகடக்கும். 'திரும்பாதே' என்ற குறியைக் குச்சியால் தொட்டுக் காட்டும்போது பின்வரிசையில் இருவர் தூங்குவார்கள். ரோட்டில், ஸ்டியரிங்கைப் பிடித்து நடுங்குகிற ஒருத்தி முதல்முறையாகத் தானே கியர் மாற்றி, தானே திரும்பி, தன்னையறியாமல் சிரிப்பாளே, அதற்காகத்தான் பிரேக் அக்கா தினமும் எழுந்து வேலைக்குப் போனாள். இடது இருக்கை போய்விட்டால் அவளிடம் வேறொன்றும் இல்லை. அவளுக்கே அது தெரியும்.

அன்று மாலையே மருந்துக்கடைக்குப் போனாள்.

"சன்ஸ்கிரீன்ல இருக்கறதுலயே பெரிய நம்பரா எடு."

"நம்பர் என்ன, கிரிக்கெட் ஸ்கோரா?" என்றாள் தங்கச்சி. "அம்பது போதும். நூறுன்னு போட்டிருந்தா ரெண்டு மடங்கு காப்பாத்தும்னு அர்த்தமில்ல. ரெண்டு வகைக் கதிரையும் தடுக்கும்னு எழுதியிருக்கா, அதைப் பாக்கணும். ஒண்ணு சுட்டெரிக்கும், உனக்கே தெரியும். இன்னொண்ணு எரிக்காமலே உள்ள போய் வேலையக் காட்டும். காரோட சன்னல் கண்ணாடியையும் தாண்டி வரும் அது."

"மணமா இருக்குமா?"

"தையல் போட்ட மூஞ்சிக்கு மணம் ஒரு கேடா? வாசனை இல்லாதது, வேர்த்தாலும் நிக்கறது. இந்தா." இரண்டு விரல் நீளத்துக்குப் பிதுக்கிக் காட்டினாள். "இவ்வளவு, முகத்துக்கும் கழுத்துக்கும். காதை விட்டுடாத. வெளிய போறதுக்கு இருபது நிமிஷம் முன்னாடி. அப்புறம் ரெண்டு மணிக்கொரு தடவை. கர்சீப்பால மூஞ்சியத் துடைச்சா துடைச்ச கையோட திரும்பப் பூசு."

பிரேக் அக்கா சொன்ன சொல் தட்டாமல் செய்தாள், ஒன்றைத் தவிர. கண்ணாடியை மட்டும் ஏற்றவில்லை. ஹாரன் கேட்காதே! க்ரீம்தான் இருக்கிறதே என்று விட்டுவிட்டாள். ஒரு மாணவி இறங்கி அடுத்தவள் ஏறுவதற்குள் டியூபை எடுத்து, இடது கை விரல்களால் மட்டும் கன்னம், கழுத்து, காது என்று பூசுவாள். வலது கை காய்ந்தே இருந்தது.

பாட்டுக்காரனுக்கு இது போதாதா? தன் காரிலிருந்து எட்டிப் பார்த்து, "அக்கா, ஷூட்டிங் எத்தனை மணிக்கு?" என்று கேட்பான்.

"உன் பாட்டு ரெக்கார்டிங் முடிஞ்சதும்" என்பாள் அவள்.

மதியம் இரண்டு மணி நேரம் கார்கள் ஸ்கூலுக்குப் பக்கத்துப் பொட்டலில் நிற்கும். மரமோ கூரையோ கிடையாது. மறுபடி வண்டியை எடுக்கும்போது அவள் ஒவ்வொரு மாணவியிடமும் சொல்வாள்: "பெல்ட்டோட கொக்கியத் தொடாதீங்க, சுட்டுடும். துணிய வச்சுப் பிடிங்க." ஸ்டியரிங்கின் மேல் ஈரத் துண்டைப் போட்டு வைப்பதும் அவள் பழக்கம்தான். காரின் சூட்டைப் பற்றி அவளுக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை. இரண்டாவது மாதத்தில் க்ரீம் கொஞ்சம் நீர்த்து வந்தது. முன்னைவிடச் சுலபமாகப் பரவுகிறதே என்று சந்தோஷப்பட்டாள்.

நாலாவது மாதம், பழைய தழும்புக்கு மேலே, கண்ணுக்கு ஒரு விரல் கீழே, அதே சொரசொரப்பு விரலில் தட்டுப்பட்டது.

அவள் அழவில்லை. கோபம்தான் வந்தது. நேரே மருந்துக்கடைக்குப் போய் டியூபை மேசையில் அடித்தாற்போல் வைத்தாள். "என்ன கருமத்தக் கொடுத்த நீ? வேளை தவறாம பூசினேன்டி!"

தங்கச்சி மூடியைத் திறந்து உள்ளங்கையில் பிதுக்கினாள். முதலில் தண்ணீர் வந்தது. பிறகு திரிந்த பால் மாதிரி கட்டி கட்டியாக ஏதோ வந்தது.

"இதை எங்க வச்சிருந்த?"

"வண்டியிலதான்."

"வண்டியில எங்க?"

"முன்னாடி. டேஷ்போர்டு மேல."

தங்கச்சி டியூபைத் திருப்பி, அடியில் எறும்பு எழுத்தில் இருந்ததைப் படித்தாள். குளிர்ந்த இடத்தில் வைக்கவும், வெயிலும் சூடும் படாமல் பார்த்துக்கொள்ளவும். படித்துவிட்டு அக்காவின் முகத்தைப் பார்த்தாள். "பெல்ட் கொக்கி சுடும்னு ஊருக்கெல்லாம் சொல்றவ நீதான? சூட்டுல இது கெட்டுப் போயிடும்க்கா. மாசக்கணக்கா நீ பூசினது வெறும் தண்ணி மாதிரிதான்."

பிரேக் அக்கா டியூபை வாங்கி, அந்த எறும்பு எழுத்தைத் தானும் ஒரு தடவை படித்தாள்.

இந்தமுறை டாக்டரம்மா சின்னதாக வெட்டினார். பரிசோதனையில் கெட்டதாக ஒன்றும் வரவில்லை. திட்டு மட்டும் வாங்கினாள், கண்ணாடி ஏற்றாததற்கும் சேர்த்து. வெயில் வேலையே கூடாது என்று எழுதப் பேனாவை எடுத்தவர், அவள் முகத்தைப் பார்த்துவிட்டு வேறு மாதிரி எழுதினார்: காலையும் மாலையும் மட்டும் ஓட்டலாம், உச்சி வெயில் நேரத்தில் கூடாது, கண்ணாடி ஏற்றியிருக்க வேண்டும், முழுக்கைச் சட்டை போட வேண்டும். முதலாளி ஒத்துக்கொண்டார். அவளுடைய பதினொரு மணி, பன்னிரண்டு மணி மாணவர்கள் பாட்டுக்காரனுக்குப் போனார்கள். அந்த நேரத்தில் அவள் வகுப்பறையில் குச்சி பிடித்தாள். இடது இருக்கை முழுசாகப் போகவில்லை என்பதே அவளுக்குப் பெரிதாக இருந்தது.

"அவ்வளவு பூசியும் ஏன்க்கா திரும்ப வந்துச்சு?" என்று பாட்டுக்காரன் கேட்டான்.

"என் உடம்பு வாகு அப்படி" என்றாள்.

உண்மையைச் சொல்ல வாய் வரவில்லை. ஊரார் தப்பையெல்லாம் கண்ணில் விளக்கெண்ணெய் ஊற்றிக்கொண்டு பிடிக்கிறவள் அவள். பின்கண்ணாடி பார்க்கவில்லை, இன்டிகேட்டர் போடவில்லை என்று மாணவர்களுக்குச் சீட்டு எழுதிக் கொடுக்கிறவள். மருந்தைக் காரில் வேகவைத்துப் பூசிக்கொண்ட கதை வெளியே வந்தால் பாட்டுக்காரன் அதை மெட்டுப் போட்டு ஒரு வருடம் பாடுவான். தங்கச்சியிடமும் வாயைத் திறக்காதே என்று சொல்லி வைத்தாள். புது டியூப் ஈரத்துணியில் சுற்றி அவள் சாப்பாட்டுப் பைக்குள் இருந்தது. பூச வேண்டியபோது அலுவலகத்தின் பின்னறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொள்வாள். அவள் பூசுவதை அதற்குப் பிறகு யாரும் பார்க்கவில்லை.

ஐந்து மாதம் போயிற்று. கன்னம் சுத்தமாக இருந்தது.

ஒரு நாள் காலை பத்தரை மணிக்கு அவள் வகுப்பறையில் விண்ணப்பங்களை அடுக்கிக்கொண்டிருந்தாள். பாட்டுக்காரன் வாசலில் வந்து நின்றான். இரண்டு நாளாக அவன் காரில் பாட்டுச் சத்தம் இல்லை என்பது அப்போதுதான் அவளுக்கு உறைத்தது.

"அக்கா, ஒரு நிமிஷம். சிரிக்கக்கூடாது." இடது கன்னத்தைத் திருப்பிக் காட்டினான். "இந்தப் புள்ளி. உங்களுக்கு வந்த மாதிரி இருக்கா?"

அவள் விரலால் தடவிப் பார்த்தாள். வழவழவென்று இருந்தது. சாதாரண மச்சம். "உன்கூடப் பிறந்ததுப்பா இது" என்று சொல்ல வாயெடுத்தவளின் கை, தானாகவே அவன் காதை மடித்தது. மேல்விளிம்பில் ஒரு புண். பொருக்குக் கட்டி, ஓரத்தில் ரத்தம் கசிந்து காய்ந்திருந்தது.

"இது எத்தனை நாளா இருக்கு?"

"எது?"

அவனுக்குத் தெரிந்திருக்கவில்லை. தலையணையில் இரண்டு மூன்று தடவை ரத்தத்தைப் பார்த்ததாகவும், கொசுக்கடியைச் சொறிந்திருப்போம் என்று விட்டுவிட்டதாகவும் சொன்னான். பிறகு அவசரமாக, "நானும் க்ரீம் பூசிட்டுத்தான்க்கா இருக்கேன்" என்றான்.

"நீயா?"

"உங்களுக்கு மொதல் தடவ தையல் போட்டாங்கல்ல, அப்பவே பயந்துட்டேன். உங்க டியூபுல இருந்த பேரப் பாத்து அதையே வாங்கினேன். இது ரெண்டாவது டியூப். கேலி பண்ணிட்டு உங்க முன்னாடி எப்படிப் பூசறது? நீங்க அந்தப் பக்கம் போனப்புறம் பூசுவேன்."

"அதை எங்க வச்சிருக்க?" என்று கேட்கும்போதே அவளுக்குப் பதில் தெரிந்துவிட்டது.

"உங்கள மாதிரியேதான். டேஷ்போர்டு மேல."

அவள் எழுந்து பொட்டலுக்கு நடந்தாள். அவன் பின்னாலேயே வந்தான். கார்க் கதவைத் திறந்து டியூபை எடுத்தாள்; கை சுட்டது. மூடியைத் திறந்து தரையை நோக்கிப் பிதுக்கினாள். தண்ணீர் சொட்டியது. அதன் பிறகு கட்டி கட்டியாக விழுந்தது.

"இது கெட்டுப் போச்சு. வண்டிச் சூட்டுல கெட்டுடும். என்னுதும் இப்படித்தான் கெட்டுச்சு, அதனாலதான் மறுபடி வந்துச்சு. எனக்கு அஞ்சு மாசமாத் தெரியும்." அவன் முகத்தைப் பார்க்காமலே சொல்லி முடித்தாள். "நீ பாட்டாப் பாடுவேன்னு சொல்லல."

அவள் செய்ய முடியாத உச்சி வெயில் வகுப்புகளையும் அந்த ஐந்து மாதமும் அவன்தான் எடுத்துக்கொண்டிருந்தான். அதை அவள் சொல்லவில்லை, இருவருக்கும் தெரிந்ததுதான். அவன் கத்துவான் என்று எதிர்பார்த்தாள். கேலியாவது செய்வான் என்று எதிர்பார்த்தாள்.

"ஒரு வார்த்த சொல்லியிருக்கலாமேக்கா" என்றான். அவ்வளவுதான். காதைத் தொட்டுப் பார்த்துக்கொண்டே, "பயமா இருக்கு" என்றான்.

அவளுக்குப் பிடரியில் யாரோ அடித்த மாதிரி வெட்கமாக இருந்தது. "எனக்கும் பயமாத்தான் இருந்துச்சு. டாக்டரம்மா கன்னத்த மட்டும் பாக்க மாட்டாங்க, எல்லாத்தையும் பாப்பாங்க. கிளம்பு. இப்பவே."

"பதினோரு மணிக்கு ஆள் வருமே?"

"நாளைக்கு வரட்டும்."

முதலாளியிடம் இரண்டு வரியில் சொல்லிவிட்டு, சாப்பாட்டுப் பையிலிருந்து தன் டியூபை எடுத்து வந்தாள். அவன் காதில் பட்டுவிடாமல் முகத்துக்கும் கழுத்துக்கும் தன் கையாலேயே பூசிவிட்டாள். வலது கையும் பிசுபிசுத்தது. அதை அவள் பொருட்படுத்தவில்லை. வழக்கம்போல் இடது இருக்கையின் கதவைத் திறக்கப் போனவனைத் தடுத்து, "அங்க வெயிலு. பின்னாடி உக்காரு" என்றாள். கண்ணாடிகளை எல்லாம் ஏற்றிவிட்டு, தானே வண்டியை எடுத்தாள்.

இரண்டு சிக்னல் தாண்டினார்கள். பின்இருக்கையில் சத்தமே இல்லை. மூன்றாவது சிக்னலில் சிவப்பு விழுந்தபோது, பதினோரு வருடமாக அவன் வாயை மூடச் சொல்லியே பழகிய பிரேக் அக்கா, பின்கண்ணாடியில் அவனைப் பார்த்து, "ஏதாவது பாடேன்ப்பா" என்றாள்.