அம்மா எழுதிய காப்பு

அந்த நோட்டைத் திறந்தாலே மெஷின் எண்ணெய் வாடை அடிக்கும். பக்கங்களின் ஓரத்தில் பெருவிரல் பதிந்த கறுப்புத் தடங்கள். நடுவே, கோடு போடாத தாளிலும் கோணாத வரிசையில், பச்சை மையில் தமிழ்ப் பாட்டு. எனக்கு அப்போது ஒன்பது வயது. பள்ளிக்கூடத்தில் தெலுங்கும் இந்தியும் இங்கிலீஷும் படித்துக்கொண்டிருந்த எனக்குத் தமிழ் எழுத்து பாதிதான் தெரியும் என்பதால், அந்த நோட்டை மாடிக்கும் கீழுக்குமாகத் தூக்கிக்கொண்டு நடந்த இரண்டு வருஷமும் அதில் உள்ளதைக் கண்ணால் படித்ததைவிடக் காதால் கேட்டதே அதிகம். கேட்டதிலும் பாதி விளங்கவில்லை. இன்றைக்கும் முழுக்க விளங்கிவிட்டது என்று சொல்ல மாட்டேன்.

குஷாய்குடாவில் கம்பெனிக் குடியிருப்பில் நாங்கள் கீழ்வீடு. அப்பாவுக்குத் தொழிற்சாலையில் ஆய்வுப் பிரிவில் வேலை. மேல்வீட்டில் இருந்த ஞானதுரை மாமா அதே தொழிற்சாலையில் லேத் ஓட்டியவர், திருநெல்வேலிப் பக்கத்துக் கிறிஸ்தவர். அம்மா கும்பகோணத்தில் புலவர் படிப்பை முடித்த கையோடு கல்யாணமாகி ஹைதராபாத் வந்தவள். இங்கே அந்தப் படிப்பை என்ன செய்வது என்று யாருக்கும் தெரியவில்லை, அவளுக்கும்தான். ஒருநாள் மொட்டைமாடியில் துணி உலர்த்தும்போது, மாமா ஏதோ முணுமுணுத்துக்கொண்டே விரல்விட்டு எண்ணுவதைக் கேட்டு, "மூணாவது சீர்ல தட்டுது அண்ணாச்சி" என்று அம்மா சொல்லியிருக்கிறாள். அவர் கையிலிருந்த சட்டையைக் கீழே போட்டுவிட்டாராம். அன்றிலிருந்து அம்மா அவருக்குத் "தங்கச்சி", நான் நோட்டு தூக்குகிறவள்.

அவர் எழுதிக்கொண்டிருந்தது குழந்தை ஏசுவின் மேல் ஒரு பிள்ளைத்தமிழ். பிள்ளைத்தமிழுக்குப் பத்துப் பருவம் என்பதும், தெய்வத்தையோ பெரியவரையோ சின்னக் குழந்தையாக்கி, தாலாட்டி, கைகொட்டச் சொல்லி, முத்தம் கேட்டு, நிலாவை விளையாடக் கூப்பிட்டுப் பாடுவது அது என்பதும் அவர்கள் பேசிக்கொண்டதில் இருந்து நான் பொறுக்கிக்கொண்டவை. தாலாட்டுப் பாட்டைச் சரிபார்க்க அம்மா ராகம் போட்டு இழுத்துப் பாடுவாள். மடியில் கிடக்கும் என் தம்பி முரளி, ஒன்றரை வயதுக்காரன், பெத்லகேம் என்ற சொல் வரும்போது பெரும்பாலும் தூங்கிவிடுவான். சுவரில் முருகன் படம், பாட்டில் ஏசு, மடியில் முரளி. யாருக்கு யார் தாலாட்டு என்று எனக்குக் குழம்பும்.

ஆண்குழந்தைக்கு உரிய சிற்றில் பருவத்தில், பெண்பிள்ளைகள் கட்டிய மணல்வீட்டைக் குழந்தை மிதித்து அழிக்க வருவான், அழிக்காதே என்று அவர்கள் கெஞ்சுவார்கள். ஏசுசாமி தப்பே செய்யாதவர் என்று மேல்வீட்டு அத்தை எனக்குச் சொல்லியிருந்தபடியால், அவர் எப்படி மணல்வீட்டை மிதிப்பார் என்று மாமாவிடம் கேட்டேன். அவர் நெற்றியைத் தேய்த்துவிட்டு, "சின்னப்பிள்ளதானட்டி. மிதிச்சிருப்பாரு" என்றார். ஆனால் அன்றைக்கு அந்தப் பாட்டை அவர் மேலே எழுதவில்லை.

பெரிய சிக்கல் முதல் பருவத்தில் வந்தது. பிள்ளைத்தமிழ் காப்பில்தான் தொடங்க வேண்டும். இந்தக் குழந்தையைக் காக்க வேண்டும் என்று தெய்வங்களை ஒவ்வொன்றாக வேண்டுவது காப்பு. குழந்தையே கடவுள் என்றால் அவரை யார் காப்பது? இதற்கு "ஐயர்" வந்து வழி சொல்வார் என்றார் மாமா. குடுமியும் பஞ்சகச்சமுமாக ஒருவரை எதிர்பார்த்து வாசலில் நின்ற என் முன்னால், ஸ்கூட்டரிலிருந்து வெள்ளை அங்கியோடு இறங்கியவர் செகந்திராபாத் தமிழ்க் கோயிலின் போதகர். அவர்கள் ஊரில் போதகரைத்தான் ஐயர் என்பார்களாம். தேவாலயத்தைக் கோயில் என்பதும் அப்படித்தான். அன்றைய குழப்பத்தில் இதுதான் சுலபமாகத் தீர்ந்தது.

ஐயர் நல்லவர், தமிழ் தெரிந்தவர். காப்பே வேண்டாம், நேரே இரண்டாம் பருவத்தில் தொடங்கிவிடலாம், தேவகுமாரன்தான் நமக்கெல்லாம் காப்பு, அவருக்கு எதற்கு இன்னொரு காப்பு என்பது அவர் கட்சி. காப்பியை வைத்துவிட்டு உள்ளே போகத் திரும்பிய அம்மா நின்றாள்.

"காப்பு வேண்டாத குழந்தை குழந்தையே இல்லீங்க," என்றாள். "பெரியவர் ஒருத்தருக்குப் பிள்ளை வேஷம் போட்டு உட்கார வெச்ச மாதிரி ஆயிடும். நிஜமாவே குழந்தையா வந்தார்னுதானே நீங்க சொல்றீங்க?"

ஐயர் காப்பியைக் கையில் எடுத்தார். ஒரு மிடறு குடித்துவிட்டு, அது தன் பிரசங்கத்தில் வர வேண்டிய விஷயம் என்று மெதுவாகச் சொன்னார். மாமாவுக்கோ சந்தோஷப்படுவதா கவலைப்படுவதா என்று தெரியவில்லை. காப்பு வேண்டும் என்பது முடிவாயிற்று, யாரை வேண்டுவது என்பது முடிவாகவில்லை. நோட்டின் முதல் சில பக்கங்கள் வெறுமையாகவே கிடந்தன. நீங்களே எழுதிக் கொடுங்களேன் என்று மாமா கேட்டபோது, திருத்துவது வேறு, எழுதுவது வேறு என்று அம்மா மறுத்துவிட்டாள்.

அந்த மழைக்காலத்தில் முரளிக்குக் காய்ச்சல் கண்டு வலிப்பு வந்தது. பிள்ளைகள் ஆஸ்பத்திரியில் ஐந்து நாள். என்னை மேல்வீட்டில் விட்டிருந்தார்கள். மூன்றாம் நாள் அப்பா கூட்டிப்போனார். அம்மா கட்டிலுக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்திருந்தாள், தலை வாராமல். பக்கத்துக் கட்டில்காரி, பர்தா போட்ட ஒரு பெண், எக்ஸ்ரே உறையை விசிறியாக்கித் தன் பிள்ளைக்கு நாலு வீச்சும் முரளிக்கு நாலு வீச்சுமாக விசிறிக்கொண்டிருந்தாள். அம்மா கண்ணைத் துடைக்கும்போதெல்லாம், "ரோ நக்கோ மா, அச்சா ஹோஜாத்தா" என்பாள். அழாதே, சரியாகிவிடும் என்று நான் தமிழில் சொல்ல வாயெடுத்தேன். அம்மா அதற்கு முன்பே தலையாட்டினாள். ஒரு சொல் இந்தி தெரியாதவள்.

முரளி பிழைத்து வந்தான். வந்த மறுநாள் அம்மா மருந்துச் சீட்டு ஒன்றை நாலாக மடித்து, மாமாவிடம் கொடு என்று என்னிடம் தந்தாள். மாடிப்படியில் பிரித்து எழுத்துக்கூட்டினேன். மருந்தின் பெயர்களுக்குப் பின்பக்கத்தில் நாலே அடிகள், ஒவ்வோர் அடியும் இரண்டு வரியாக மடித்து. முதல் இரண்டும் எனக்கு இப்போதும் மனப்பாடம்:

குளிர்படு தொழுவின் வைக்கோல்
குழவியைக் காக்க; பக்கம்
தளர்வுறு மாட்டின் மூச்சே
தண்பனி நீக்கிக் காக்க.

தெய்வம் எதையும் அம்மா கூப்பிடவில்லை. வைக்கோல், மாடு, பிறகு தச்சன் தோளில் கிடந்த துண்டு, கடைசி அடியில் "பேர் தெரியாத ஒருத்தியின் கை". மாமா அதைப் படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார். படைத்தவனைப் படைப்பு காக்கட்டும் என்றுவிட்டாளே என்று அத்தையிடம் திரும்பத் திரும்பச் சொன்னார். தன் பெயரை யாரிடமும் சொல்லக் கூடாது என்று அம்மா அவரிடம் வாக்கு வாங்கியிருந்தது எனக்குத் தெரியாது.

கிறிஸ்துமஸுக்கு முந்தின ஞாயிறு, ஆராதனைக்குப் பிறகு மாமா தன் பிள்ளைத்தமிழை அரங்கேற்றினார். எங்களையும் அழைத்திருந்தார், அப்பா இஸ்திரி போட்ட சட்டையில் வந்தார். தொடங்குவதற்கு முன், நோட்டை ஏற்கெனவே வாங்கிப் படித்திருந்த ஐயர் வாசலில் மாமாவைப் பிடித்து, அந்தக் காப்பு யார் எழுதியது, உம்முடைய நடை இல்லையே என்றார். மாமா சொந்தக்காரர் ஒருவர் என்று இழுத்தார். அவர் பொய் சொல்கிறாரே என்று பதறி, அதுவும் கோயில் வாசலில் நின்று சொல்கிறாரே என்று இன்னும் பதறி, நான் முந்திக்கொண்டேன்.

"நை, இல்லை, எங்கம்மாதான் எழுதினாங்க."

ஐயர் என் தலையில் கை வைத்தார். எனக்குப் பெருமையாக இருந்தது.

பாட்டெல்லாம் முடிந்து கைதட்டல் ஓய்ந்ததும் ஐயர் மைக்கைப் பிடித்தார். காப்பை மறுபடி படித்தார். ஒரு இந்து சகோதரி எழுதியது என்றார். பேர் தெரியாத ஒருத்தி யார் என்று வேதத்தில் தேடித் தேடிப் பார்த்தேன், இப்போது கண்டுகொண்டேன், அந்தக் கை இந்தச் சகோதரியின் கைதான் என்றார். பிறகு எங்கள் பக்கம் கையை நீட்டி, "ஆண்டவர் அவங்க உள்ளத்துல பிறந்துட்டாரு. அவங்களுக்காக ஜெபிப்போம்" என்றார்.

அத்தனை பேரும் திரும்பிப் பார்த்தார்கள். பிறகு அத்தனை தலைகளும் குனிந்தன. இல்லை, அது ஆஸ்பத்திரியில் முரளிக்கு விசிறிய பர்தாக்காரி என்று எனக்குக் கத்த வேண்டும்போல இருந்தது. அம்மா முரளியைத் தூக்கித் தோளில் போட்டுக்கொண்டு, குனிந்த தலைகளின் நடுவே வெளியே நடந்தாள். அப்பா பின்னாலேயே போனார்.

பஸ்ஸில் அப்பா, நீயா எழுதினாய் என்று கேட்டார். ஆமாம் என்றாள். எனக்குச் சொல்லவில்லையே என்றார். சொல்ல வேண்டும் என்று தோன்றவில்லை என்றாள். இரண்டு ஸ்டாப்பிங் கழித்து அப்பா ஜன்னலைப் பார்த்தபடி, பாட்டு நன்றாக இருந்தது என்றார். அவர் கோபமாக இருந்தாரா, சமாதானம் சொன்னாரா? புகழ்ந்துதானே பேசினார்கள், அம்மா ஏன் எழுந்து வந்தாள்? நான் உண்மையைத்தானே சொன்னேன், பிறகு நான் ஏன் அம்மா பக்கத்தில் உட்காரவில்லை? யாரும் எனக்குச் சொல்லவில்லை. யாரும் என்னைத் திட்டவும் இல்லை, அதுதான் தாங்கவில்லை.

மறுநாள் மாமா இறங்கி வந்தார். உட்காரச் சொல்லியும் உட்காரவில்லை.

"ஐயர் பிரியத்துலதான் சொன்னாரு தங்கச்சி. மனசுல வச்சுக்காதீய."

"அவர் தப்பா ஒண்ணும் சொல்லலை அண்ணாச்சி," என்றாள் அம்மா. "ஆனா எனக்குள்ள யார் பிறந்தாங்கன்னு என்னைக் கேக்காம சொல்லிட்டார்."

காப்பை எடுத்துவிடட்டுமா என்றார் மாமா. அது இருக்கட்டும், என் பெயர் மட்டும் வேண்டாம் என்றாள் அம்மா. அடுத்தவர் பாட்டைத் தன் பெயரில் அச்சில் ஏற்ற அவருக்கு மனம் வரவில்லை. காப்பு இல்லாமல் அச்சிட அம்மாவின் இலக்கணம் விடவில்லை. ஆகவே புத்தகம் வரவேயில்லை. கிறிஸ்துமஸுக்கு அச்சு முறுக்கு கீழே வந்தது, பொங்கலுக்குச் சர்க்கரைப் பொங்கல் மேலே போனது, அண்ணாச்சியும் தங்கச்சியும் கடைசிவரை மாறவில்லை. நோட்டு மட்டும் அப்புறம் இறங்கி வரவில்லை.

மாமா ஓய்வு பெற்று ஊருக்குப் போய், அங்கேயே காலமாகி வருஷங்கள் ஆயின. அவர் மகளிடம் போனில் விசாரித்தேன். வீடு மாற்றும்போது பழைய காகிதத்தோடு போயிருக்கும் என்றாள், வருத்தமாகத்தான். குடியிருப்பில் எங்கள் வரிசை பூட்டிக் கிடக்கிறது. அம்மா இப்போது இதே ஊரில், உப்பலில் என்னோடு இருக்கிறாள். அவள் தமிழில் கேட்பதற்கு என் மகன் தெலுங்கில் பதில் சொல்கிறான். அந்தப் பாட்டின் பின்னிரண்டு அடிகள் எனக்கு மறந்துவிட்டன என்று போன வாரம் அம்மாவிடம் சொன்னேன். அவளுக்கும் மறந்துவிட்டது. இனி அவை எங்கேயும் இல்லை.

அன்றைக்குக் கேட்காததை அப்போது கேட்டேன், நம்பித்தான் எழுதினாயா என்று.

"எழுதறப்போ நம்பினேன்," என்றாள். "முடிஞ்சதும் முரளிக்குக் கஞ்சி வைக்கப் போயிட்டேன்."

"யாரை நம்பினே?"

அவரைக்காய் நறுக்கிக்கொண்டிருந்த கை நின்றது. எழுபது தாண்டிய அந்த முகத்தில், நான் எந்தக் காலத்திலும் பார்த்திராத ஒரு குழப்பம் தெரிந்தது.

"அஞ்சு நாள் தூங்கலைடி," என்றாள். "யார் வந்து நின்னிருந்தாலும் நம்பியிருப்பேன்."