றீற்றா கீறிய தீவு

அறுபத்திரண்டு வயதில் றீற்றாவுக்குப் படம் கீறும் பைத்தியம் பிடித்தது என்று அவருடைய கணவர் இக்னேசியஸ் சொல்லுவார். கோபமாகச் சொல்வதில்லை. தெரிந்த ஒருவருக்கு நீரிழிவு வந்துவிட்டதைச் சொல்கிற அதே குரலில்தான் சொல்லுவார்.

அதுவரை றீற்றா கனடாவில், மிசிசாகாவில், விமானங்களுக்குச் சாப்பாடு அனுப்பும் ஒரு சமையற்கூடத்தில் வேலை செய்தார். தோள்மூட்டு தேய்ந்ததும் வேலையை விட்டார். ஸ்காபரோவின் வெக்ஸ்போர்ட்டில், வீட்டுக்குப் பக்கத்திலிருந்த சமூக நிலையத்தில் முதியவர்களுக்கான யோகா வகுப்பில் சேரப் போனார். யோகா நிரம்பிவிட்டது, நீர்வர்ண ஓவிய வகுப்பில் இடம் இருக்கிறது என்றார்கள். இரண்டும் ஒரே நேரம், ஒரே கட்டடம். றீற்றா நீர்வர்ணத்தில் சேர்ந்தார்.

முதலில் ஆப்பிள் கீறினார். பிறகு கிண்ணம். பிறகு, வீட்டுப் பல்கனியில் இருந்து தெரிகிற வானத்தைக் கீறத் தொடங்கி, அதை விட்டு இறங்கவேயில்லை. அப்போதுதான் நூலகத்தில் ஒரு பெரிய புத்தகம் கையில் அகப்பட்டது. அயர்லாந்தின் மேற்குக் கடலில், அத்திலாந்திக்கின் வாயில் கிடக்கும் சிறு தீவுகளை ஓவியர்கள் கீறிய படங்கள். இனிஷ்கேரா என்ற தீவைத்தான் எல்லோரும் கீறியிருந்தார்கள். தீவின் மேற்கு முனையில் ஒரு கரும்பாறை செங்குத்தாகக் கடலுக்குள் இறங்க, மேலே வானம் பாதிப் படத்தைப் பிடித்திருந்தது. மரம் இல்லை. மனிதர் இல்லை. றீற்றா அந்தப் புத்தகத்தைத் திருப்பிக் கொடுத்துத் திருப்பிக் கொடுத்து எடுத்தார்.

"எனக்கு உந்தத் தீவுக்குப் போகவேணும்" என்றார் ஒரு ஞாயிற்றுக்கிழமை, சாப்பிடும்போது.

மில்லிக்கனிலிருந்து வந்திருந்த மகள் நடாஷா கரண்டியை வைத்தாள். "அம்மா, ஆர் யூ சீரியஸ்? அங்க என்ன இருக்கு?"

"பாறை."

"பாறை பாக்கிறதெண்டா ஸ்காபரோ ப்ளஃப்ஸ் இருக்குத்தானே" என்றார் இக்னேசியஸ். "பஸ்ஸிலை போயிட்டு மத்தியானச் சாப்பாட்டுக்கு வந்திடலாம். லூர்துக்குப் போவமெண்டு எத்தினை வருசமாச் சொல்லுறன். அதுக்கு உமக்குக் கால் நோ. பாறையெண்டா கால் சுகமோ?"

றீற்றா அவருக்கு இன்னும் கொஞ்சம் சோறு போட்டார். அடுத்த கிழமை, அயர்லாந்தில் நொக் என்ற ஊரிலும் மாதா காட்சி கொடுத்த கோயில் ஒன்று இருப்பதை இக்னேசியசே கண்டுபிடித்தார். முதலில் நொக், பிறகு பாறை என்று பேச்சு முடிந்தது.

நொக்கில் மழை. இக்னேசியஸ் நனைந்தபடி செபமாலை சொல்லி முடித்தார். பிறகு பஸ், பிறகு ஒரு சின்னப் படகு. படகில் அவர் கண்ணை மூடிக்கொண்டு வந்தார். தீவில் நோரா என்ற விதவை தன் வீட்டு அறைகளை ஓவியர்களுக்கு வாடகைக்கு விடுவாள். அவளுடைய வீட்டில்தான் இவர்களும் தங்கினார்கள்.

மறுநாள் காலை றீற்றா பெட்டியோடும் மடக்குக் கதிரையோடும் பாறை பார்க்கும் மேட்டுக்கு ஏறினார். அங்கே ஏற்கெனவே பல ஓவியர்கள் வரிசையாக ஓவியத் தாங்கிகளை நட்டு நின்றார்கள். எல்லோரும் மேற்கே பார்த்தார்கள். மேற்கே ஒன்றும் தெரியவில்லை. சுண்ணாம்பு அடித்த சுவர் போல மூடுபனி நின்றது. சத்தம் மட்டும் கேட்டது. கடல் எதிலோ போய் மோதிக்கொண்டிருந்தது.

"அங்கேதான் இருக்கிறது" என்றார் பக்கத்தில் நின்ற ஜெரால்ட் என்ற ஆங்கிலேயக் கிழவர். வருடாவருடம் வருகிறவர். கையை நீட்டி ஓரிடத்தைக் காட்டினார். றீற்றா மரியாதைக்கு அந்தப் பக்கம் பார்த்தார்.

அடுத்த நாளும் மூடுபனி. அதற்கடுத்த நாளும். மற்றவர்கள் பழைய வருடங்களில் எடுத்த படங்களைத் தொலைபேசியில் பார்த்துப் பாறையைக் கீறத் தொடங்கினார்கள். மூடுபனியின் முன்னால் நின்று, வெயிலில் மின்னும் பாறையை அவர்கள் கீறினார்கள். ஜெரால்ட் தன்னுடைய படமொன்றை றீற்றாவுக்கும் அனுப்பித்தருவதாகச் சொன்னார். மிக நல்ல நாள் ஒன்றில் எடுத்தது.

றீற்றா நன்றி சொல்லி மறுத்தார். அந்த நாளில் தான் இங்கே இருக்கவில்லையே என்றார். ஜெரால்டுக்கு அது விளங்கவில்லை. ஆனால் நல்ல மனிதர், தேநீர் ஊற்றிக் கொடுத்தார்.

றீற்றா எதிரே இருந்ததைக் கீறினார். சாம்பல், அதற்குள் வெள்ளை, கீழே கொஞ்சம் பச்சை கலந்த சாம்பல். பின்னேரம் இக்னேசியஸ் அந்தத் தாள்களைப் பார்த்தார்.

"இதென்னப்பா, கடதாசியை நனைச்சுக் காயவிட்ட மாதிரிக் கிடக்கு?"

"புகார்" என்றார் றீற்றா. மூடுபனிக்கு ஊரில் சொல்லும் பெயர் அது.

"இது?"

"அதுவும் புகார்தான். பின்னேரப் புகார்."

தேநீர் கொண்டு வந்த நோரா தாள்களை ஒவ்வொன்றாகப் பார்த்தாள். ஒன்றைத் தொட்டு, "இது செவ்வாய்க்கிழமை" என்றாள். அது செவ்வாய்க்கிழமை கீறியதுதான். அன்றிரவு றீற்றா வழக்கத்தைவிட நன்றாகத் தூங்கினார்.

இதற்கிடையில் இக்னேசியசுக்குத் தீவு பிடித்துப்போயிருந்தது. அவர் மேட்டுப் பக்கம் போகவேயில்லை. நோராவின் குசினியில், அடுப்புக்குப் பக்கத்தில், ஊர்க்காரர்களோடு காட்ஸ் விளையாடினார். அவர்களுடைய ஆட்டத்தைப் பழகிக்கொண்டு அவர்களுக்குத் தன் ஊர்ச் சீட்டாட்டமான முந்நூற்றுநாலைப் படிப்பித்தார். ஞாயிறன்று புகாரால் பாதிரியார் படகேற முடியாமற் போக, கோயிலில் செபமாலையை முன்னின்று சொன்னதும் அவர்தான். யாரும் கேட்கவில்லை, அவராகவே தொடங்கினார். சனம் பின்னால் சொன்னது.

புறப்படும் நாள் காலையில் இக்னேசியஸ் பெட்டிகளைப் படகில் ஏற்றிவிட்டு, றீற்றாவைத் தேடி மேட்டுக்கு வந்தார். மூச்சு வாங்கியது.

"இஞ்சை என்ன செய்யிறீர்? படகு வெளிக்கிடப் போகுது. ஆக்கள் எல்லாரும் ஏறியாச்சு..."

மூடுபனி விலகியிருந்தது. அந்தப் பாறை நேரே எதிரில் நின்றது, கருமையாக, கோயில் கோபுரம் ஒன்றைக் கவிழ்த்து வைத்ததுபோல. அதன் இடுப்பைச் சுற்றிப் பறவைகள் வெள்ளைப் பொட்டுகளாகச் சுழன்றன. மற்ற ஓவியர்கள் தூரிகைகளைத் தேடிக்கொண்டிருந்தார்கள். றீற்றாவின் வர்ணப்பெட்டி திறக்காமல் மடியில் இருந்தது.

இக்னேசியஸ் கொஞ்ச நேரம் பார்த்தார். வந்த நாளிலிருந்து அவர் அதைப் பார்ப்பது அதுதான் முதல்தடவை.

"நீர் கீறும்" என்றார். "நான் போய்ச் சொல்லுறன்."

"என்னெண்டு சொல்லப் போறியள்?"

"போற வழியிலை யோசிக்கிறன்."

மனைவி படம் கீறுகிறாள் என்று படகோட்டியிடம் சொன்னார். படகோட்டி தலையாட்டினான். அந்தத் தீவில் அது ஏற்றுக்கொள்ளப்பட்ட காரணம். உடனே படகை எடுத்தான். பெட்டிகள் அதிலேயே போய்விட்டதை இக்னேசியஸ் மெதுவாகத்தான் உணர்ந்தார். அன்றிரவு அவர் நோராவின் இறந்துபோன கணவருடைய கம்பளிச் சட்டையைப் போட்டுக்கொண்டு, மாத்திரை இல்லாமல் படுத்தார். விமானம் தவறியதைத் தொலைபேசியில் கேட்ட நடாஷா கனநேரம் ஆங்கிலத்தில் பேசினாள். அவர் காதிலிருந்து கொஞ்சம் தள்ளிப் பிடித்துக் கேட்டார்.

றீற்றா இருட்டும்வரை கீறினார். பசிக்கவில்லை. இவ்வளவு பெரிய ஒன்று இத்தனை நாளும் சத்தம் மட்டும் போட்டுக்கொண்டு எதிரிலேயே நின்றிருக்கிறது என்பது ஒன்றுதான் மனத்தில் ஓடியது. கீறி முடித்துப் பார்த்தபோது, படம் நூலகப் புத்தகத்தில் உள்ளது போலவே இருந்தது. குறையொன்றும் இல்லை. அதுதான் அவருக்குக் கொஞ்சம் ஏமாற்றமாக இருந்தது.

இலையுதிர் காலத்தில் நூலகச் சுவரில் வகுப்புக்காரர்களின் படங்களை மாட்டினார்கள். றீற்றாவின் புகார்ப் படங்களின் முன்னால் யாரும் நிற்கவில்லை. ஒரு பெண் மட்டும், இவை எப்போது முடியும் என்று கேட்டாள். பாறையின் முன்னால் நின்றவர் பொன்னம்பலம், றீற்றா இருக்கும் கட்டடத்தில் மேல்மாடிக்காரர். கடலுக்கு மேல் செங்குத்துப் பாறையில் கோணேசர் கோயில் நிற்கும் திருகோணமலையில் பிறந்தவர்.

"கோணேசர் மலை!" என்றார். கண் கலங்கியிருந்தது.

"இல்லை அண்ணை, இது அயர்லாந்து."

"சரி, சரி. கோயிலை ஏன் விட்டிட்டியள்? மேலை சின்னதா ஒண்டு போட்டுத் தாங்கோவன்."

"அங்கை கோயில் இல்லை அண்ணை. பறவையள்தான்."

பொன்னம்பலம் யோசித்தார். கோயில் மறுபக்கம், இந்தப் பக்கத்திலிருந்து பார்த்தால் தெரியாது என்று தானே முடிவு செய்துகொண்டு படத்தைக் கேட்டார். றீற்றா சும்மா கொடுத்தார். புகார்ப் படங்களை வீட்டுக்குக் கொண்டுவந்து, கட்டில் தலைமாட்டுச் சுவரில் மாட்டினார்.

தை மாதத்தில் பொன்னம்பலத்தின் மனைவி புனிதவதி றீற்றாவையும் இக்னேசியசையும் தேத்தண்ணிக்குக் கூப்பிட்டார். படம் வரவேற்பறை நடுவில், கண்ணாடிச் சட்டத்துக்குள் இருந்தது. மகேஸ்வரன் என்ற விருந்தாளி, அந்தப் பாறைக்குக் கீழே பள்ளிக்கூட நாட்களில் குதித்துக் குளித்ததைச் சொல்லிக்கொண்டிருந்தார். எந்த இடத்திலிருந்து குதித்தார் என்று விரலால் காட்டவும் செய்தார்.

"கீறினவ இவதான்" என்றார் பொன்னம்பலம் பெருமையாக.

மகேஸ்வரன் றீற்றாவை மரியாதையோடு பார்த்தார். "நீங்கள் எப்ப திருகோணமலைக்குப் போனனீங்கள்?"

"நான் ஒருக்காலும் போகேல்லை" என்றார் றீற்றா.

"போகாமலே இப்பிடியெண்டா, போனால் எப்பிடிக் கீறுவியள்!"

இக்னேசியஸ் வாயைத் திறந்தார். றீற்றா வடைத் தட்டத்தை அவர் பக்கம் நகர்த்தினார். அவர் ஒன்றை எடுத்துக்கொண்டார்.