சாந்தகுமாரி காட்டிய குன்மிங்

யாங்கோனின் கியாக்டடா பேட்டையில், சூலே பகோடாவுக்குப் பின்புறம் மூன்றாவது சந்தில் இருந்தது பீர் முகைதீன் பாயின் பயண அலுவலகம். மாடிப்படி பதினெட்டு. ஏறியதும் இடது கைப்பக்கம் கதவு. உள்ளே இரண்டு மேசை, ஒரு தொலைபேசி, மின்சாரம் வரும்போது மட்டும் சுற்றுகிற ஒரு மின்விசிறி. சன்னலோர மேசை சாந்தகுமாரியுடையது. பர்மியர்கள் அவளை மா சந்தா என்பார்கள். தமிழர்களுக்கு அவள் சாந்தா.

அதே நகரின் மிங்கலா தாங்ஞுன்ட் ரயில்வே குடியிருப்பில் பிறந்தவள். அப்பா சிக்னல் வேலை பார்த்தார். பத்தாம் வகுப்பை இரண்டாம் தடவையில் தேறி, 1995ஆம் வருஷம் டிக்கெட் எழுத அங்கே வேலைக்கு வந்தாள். வந்த புதிதில், சீனாவிலிருக்கும் குன்மிங் நகரத்துக்குப் போய்விட்டு வந்த ஒரு குடும்பம் அலுவலகத்தில் வந்து சத்தம் போட்டது. நாற்பது பேர் கூட்டத்தோடு கூட்டமாக ஓட வைத்தார்களாம். கொடி பிடித்த வழிகாட்டியின் பின்னால் ஓடியதில் அந்த வீட்டுப் பெரியவருக்குக் கால் வீங்கிப் போயிருந்தது. சாந்தா மறுநாள் ஆரஞ்சுப் பழம் வாங்கிக்கொண்டு அவர் வீட்டுக்குப் போனாள். மன்னிப்புக் கேட்கத்தான் போனாள். ஆனால் இரண்டு மணி நேரம் அவரிடம் கேள்வி கேட்டுக்கொண்டிருந்தாள். எந்த இடத்தில் உட்கார வேண்டும் போல இருந்தது, கழிப்பறை எவ்வளவு தூரம், எந்த வாசலில் படி இல்லை, எதைச் சாப்பிட முடிந்தது, எதைப் பார்க்க விடாமல் இழுத்துக்கொண்டு போனார்கள். எல்லாவற்றையும் கோடு போட்ட நோட்டில் எழுதிக்கொண்டாள்.

அதிலிருந்து அதுவே அவள் வழக்கமாகிவிட்டது. குன்மிங் போய் வந்த ஒருவரையும் அவள் விட்டதில்லை. அதிலும் முழங்கால் வலிக்காரர்கள், கைக்குழந்தைக்காரிகள், சர்க்கரை வியாதிக்காரர்கள் என்றால் ஊர்க்கோடித் தாகேதாவாக இருந்தாலும் பஸ் பிடித்துத் தேடிப் போவாள். ஓடியாடித் திரிந்தவர்களுக்கு ஊரைப் பற்றி ஒன்றும் தெரியாது என்பது அவள் முடிவு. உட்கார இடம் தேடியவனுக்குத்தான் எந்த மரத்தடியில் பெஞ்சு இருக்கிறது என்று தெரியும்.

பத்து வருஷத்தில் பதினோரு நோட்டு ஆயிற்று. ஒரு குடும்பத்துக்கு எழுதின திட்டத்தை அவள் இன்னொரு குடும்பத்துக்குக் கொடுக்க மாட்டாள். எந்த மணிக்கு எந்த வாசல், எங்கே தேநீர், மத்தியானம் எத்தனை நிமிஷம் படுக்கை என்று அந்தந்த வீட்டாருக்கென்றே எழுதுவாள். தனிக் கார், தனி ஓட்டுநர். நாள்பட நாள்பட, குன்மிங்குக்குத் தனியாகப் போக நினைத்த யாங்கோன்காரர்கள் அவளைத் தேடி மாடியேறி வந்தார்கள்.

ஆனால் சாந்தா ஒரு தடவைகூடக் குன்மிங் போனதில்லை. விமானத்திலேயே ஏறியதில்லை. ஒருநாள் யாரோ ஒருவர், இந்தப் பெண் எத்தனை தடவை போயிருக்கிறது என்று கேட்டார். அவள் வாயைத் திறப்பதற்குள் பாய் முந்திக்கொண்டு, அதற்குக் கணக்கேது என்று சிரித்துவிட்டார். அந்தக் குடும்பம் போயிற்று, சந்தோஷமாக வந்தது. அடுத்து வந்தவர் கேட்டபோதும் பாய் அதையே சொன்னார். சாந்தா தலையைக் குனிந்து எழுதிக்கொண்டிருந்தாள். பிறகு கேட்பதையே விட்டுவிட்டார்கள். அவள் போய் வந்தவள் என்பது ஊருக்கே தெரிந்த சங்கதியாகிவிட்டது. அப்படியில்லை என்று தெரிந்தவர்கள் பாயும் அவள் அக்கா ஜெயம்மாவும்தான்.

2006ஆம் வருஷம், மழை விட்ட சமயம், அன்னபூரணி ஆச்சி மாடியேறி வந்தார். கூடவே ஒவ்வொரு படியிலும் நின்று நின்று அவர் கணவர் வள்ளியப்பச் செட்டியார். யாங்கோனில் மிச்சமிருந்த சில நகரத்தார் வீடுகளில் அவர்களுடையதும் ஒன்று. ஆச்சிக்கு அறுபத்தெட்டு, செட்டியாருக்கு எழுபத்தாறு. பிள்ளைகள் வெளிநாட்டில். ஐம்பது வருஷமாகக் கடை, வீடு, கோயில் என்று இருந்துவிட்டார்கள். கடையில் மருமகனை உட்கார வைத்துவிட்டு, தங்களை யாருக்குமே தெரியாத ஓர் ஊரில் நாலு நாள் நடக்க வேண்டும் என்பது செட்டியாருக்கு ஆசை. ஆனால் அவருக்கு வலது முழங்கால் மடங்காது.

சாந்தா முக்கால் மணி நேரம் விசாரித்து எழுதிக்கொண்டாள். எல்லாம் முடிந்து எழுந்திருக்கும்போது ஆச்சி சொன்னார்.

"ஏத்தா, நீயும் கூட வா. ஒனக்கும் சேத்து நாங்க பாத்துக்கறோம். அவுக கால வச்சுக்கிட்டு முன்னப்பின்னத் தெரியாதவன் கூடப் போக எனக்குப் பயமா இருக்கு. நீ போயி வந்தவ. நீ வந்தாப் போறோம், இல்லைன்னா இல்ல."

சாந்தா பாயைப் பார்த்தாள். அதற்குள் பாய், அவள் வருவாள் என்று சொல்லிவிட்டார்.

அன்று ராத்திரிச் சாப்பாட்டின்போது ஜெயம்மா தங்கையிடம் பிடிவாதமாகச் சொன்னாள். நாளைக்கே போய் உள்ளதைச் சொல்லிவிடு, அவர்கள் கோபித்துக்கொண்டால் இங்கேயே கோபிக்கட்டும். சாந்தாவும் சரி என்றாள். மூன்று தடவை செட்டியார் வீட்டுக்குப் போனாள். மூன்று தடவையும் முழங்கால் உறை, கம்பளி, மாத்திரை என்று பேசிவிட்டுத் திரும்பி வந்தாள். சொன்னால் அவர்கள் பயணத்தையே கைவிடுவார்கள். அந்த மனிதரின் ஆசை அதோடு போயிற்று. சொல்லாமல் போய் அங்கே வெளிப்பட்டால், கோயிலில் ஆச்சி சொல்லும் ஒரே வார்த்தையில் பத்து வருஷப் பேரும் போயிற்று. இரண்டுக்கும் நடுவில், பாஸ்போர்ட் அலுவலகத்துக்கு யாருக்கும் தெரியாமல் நடந்துகொண்டிருந்தாள்.

டிசம்பர் முதல் வாரம் கிளம்பினார்கள். புதுப் பாஸ்போர்ட்டின் வெறும் பக்கங்கள் யார் கண்ணிலும் படாமல் கைப்பையில் வைத்திருந்தாள். விமானத்தில் பெல்ட் எப்படிப் போடுவது என்று முன் வரிசைக்காரரைப் பார்த்துப் போட்டுக்கொண்டாள். குன்மிங்கில் இறங்கியதும் குளிர் முகத்தில் அடித்தது. வெளியே ஓட்டுநர் யாங் காத்திருந்தார். மண்டலேயில் பிறந்த சீனர். பர்மியம் சரளமாகப் பேசுவார். பெட்டிகளை ஏற்றினார். சாந்தா செட்டியாரைப் பின் இருக்கையில் கால் நீட்டினாற்போல உட்கார வைத்தாள், ஆச்சியை அந்தப் பக்கம் உட்கார வைத்தாள். பிறகு, தான் முன்னால் உட்கார இடதுபக்கக் கதவைத் திறந்து ஏறினாள்.

முகத்துக்கு நேரே ஸ்டியரிங் இருந்தது.

யாங்கோனில் வண்டிகள் சாலையின் வலப்பக்கம் போகும். ஆனால் அங்கே ஓடுவதெல்லாம் ஜப்பானிலிருந்து வந்த பழைய கார்கள். ஸ்டியரிங்கும் வலப்பக்கமே இருக்கும். முன்னால் உட்காருகிறவர் இடதுபக்கம்தான் ஏறுவார். பிறந்ததிலிருந்து அப்படித்தான் ஏறியிருக்கிறாள். சீனாவில் ஸ்டியரிங் இடதுபக்கம் என்பதை, காரைப் பற்றி அவள் யாரிடமும் கேட்காததால், பதினோரு நோட்டில் ஒன்றிலும் எழுதவில்லை.

வெளியே யாங் சாவியோடு நின்றார். செட்டியார் பின்னாலிருந்து மெதுவாகக் கேட்டார்.

"என்னம்மா, நீயே ஓட்டிக் காட்டப் போறியா?"

சாந்தா இறங்கி, காரைச் சுற்றி வந்து அந்தப் பக்கம் ஏறினாள். பழக்கம் ஐயா, கை தானாகப் போய்விட்டது என்றாள். செட்டியார் விடுதி வரும்வரை சிரித்தார். ஆச்சி சிரிக்கவில்லை. முன் கண்ணாடியில் தெரிந்த சாந்தாவின் முகத்தையே பார்த்துக்கொண்டு வந்தார்.

மத்தியானம் நகரின் நடுவே இருக்கும் பச்சை ஏரிக்குப் போனார்கள். நோட்டில் எழுதியபடியே எல்லாம் இருந்தது. படியில்லாத வாசல், பாலத்தை ஒட்டி வெயில் படுகிற பெஞ்சு, இருபதடியில் தேநீர்க்காரி. குளிர்காலத்தில் வடக்கேயிருந்து வரும் வெள்ளைக் கடற்காகங்கள் ஏரி முழுக்கக் கத்திக்கொண்டு பறந்தன. செட்டியார் ரொட்டித் துண்டை நீட்ட, ஒன்று அவர் விரலிலிருந்தே கொத்திக்கொண்டு போனது. அவர் ஆச்சியின் கையிலும் ஒரு துண்டை வைத்து, கையைப் பிடித்து உயர்த்தினார். அந்த ஊரில் அவர்களை யாருக்கும் தெரியாது. சாந்தா கொஞ்சம் தள்ளி நின்றாள். இத்தனை பேருக்கு எழுதிக் கொடுத்த பெஞ்சு இதுதானா என்று அதன் முதுகைத் தொட்டுப் பார்த்தாள். யாரும் பார்க்கவில்லை என்றுதான் நினைத்தாள்.

மறுநாள் கல்வனம். பாறைகளே மரங்களைப் போல உயர்ந்து நிற்கிற இடம். போய்ச் சேர இரண்டு மணி நேரம் ஆயிற்று. மின்சார வண்டியில் வெளிச்சுற்று மட்டும் சுற்றி, ஒரு பக்க வாசலில் இறங்கினால் படியே ஏறாமல் பாறைகளுக்கு நடுவில் போய்விடலாம் என்று எழுதியிருந்தாள். போய்ப் பார்த்தால் அந்த வாசலைப் பழுது பார்ப்பதற்காக அடைத்திருந்தார்கள். யாங் வந்து பர்மியத்தில் கேட்டார். அக்கா, போன தடவை நீங்கள் வந்தபோது வேறு எந்தப் பக்கமாகப் போனீர்கள்?

ஆச்சிக்கும் செட்டியாருக்கும் தமிழுக்குச் சமமாகப் பர்மியம் தெரியும். இருவரும் அவளைப் பார்த்தார்கள். அவள் நோட்டைப் புரட்டினாள்; அந்த வாசலைத் தவிர வேறு வழி அதில் இல்லை. ஏதாவது ஒரு பக்கத்தைக் கை காட்டியிருக்கலாம். அந்தப் பக்கம் எத்தனை படியோ, அவருக்கு முழங்கால் மடங்காது.

"எனக்குத் தெரியாது ஆச்சி," என்றாள். "நான் இதுக்கு முன்னால இங்க வந்ததே இல்ல. எல்லாம் கேட்டு எழுதினது."

யாங் வண்டிப் பக்கம் நகர்ந்துகொண்டார்.

"கார்ல அந்தப் பக்கம் ஏறுனியே, அப்பவே எனக்குத் தெரியும்," என்றார் ஆச்சி. "நீயாச் சொல்றியா பாப்போம்னு இருந்தேன்."

"பாய் அப்படிச் சொன்னாரு, நான்..."

"பாய் சொன்னாரு. நீ பேசாம இருந்தே. அதுவும் பொய்தான் ஆத்தா. எனக்குக் கோவந்தான், இல்லைங்கல. ஒன்ன நம்பி இவுகளக் கூட்டி வந்தேன்."

சாந்தாவுக்குக் கண் நிறைந்தது. துடைக்கவும் தோன்றாமல் நின்றாள். செட்டியார்தான் கைத்தடியால் தரையைத் தட்டிக்கொண்டே பேசினார்.

"வராமலே நேத்து என்னப் பெஞ்சு வரைக்கும் கொண்டுபோய் உக்கார வச்சாளே, அத என்ன சொல்ற? நம்ம மகன் ரெண்டு தடவ வந்தான். கேட்டா, நல்ல ஊருங்கறான். அவ்வளவுதான் தெரியும் அவனுக்கு."

ஆச்சி காருக்குத் திரும்பவில்லை. யாங்கைக் கூப்பிட்டு, வாசல் காவலாளியிடம் கால் வலிக்காரர்கள் எந்தப் பக்கம் போவார்கள் என்று கேட்டு வரச் சொன்னார். கேட்டு வந்த வழியில் ஏழு படி இருந்தது. செட்டியாரின் ஒரு கையை யாங் பிடிக்க, மறு கையைச் சாந்தா பிடிக்க, ஏழு படியும் ஏறினார்கள். உள்ளே பாறைகள் நடுவில் நின்று அவர் தொப்பியைக் கழற்றிவிட்டு மேலே பார்த்துக்கொண்டேயிருந்தார். அந்த நேரத்தில் ஆச்சி சாந்தா பக்கம் திரும்பி, கோபம் ஆறாத குரலிலேயே, கம்பளியை நன்றாகப் போர்த்திக்கொள்ளச் சொன்னார்.

அன்று சாயங்காலம் அரிசி நூடுல்ஸ் சாப்பிடும்போது, ஊருக்குப் போனதும் பாயிடம் இதை அவளே பேச வேண்டும் என்று ஆச்சி சொன்னார். கேட்கிறவர்களிடமும் உள்ளதைச் சொல்ல வேண்டும். சாந்தா தலையசைத்தாள். பிறகு ஆச்சி நாளைய திட்டத்தை வாங்கி மடித்துத் தன் பையில் வைத்துக்கொண்டார்.

"நாளைக்கு இது வேணாம். ஒனக்கு என்ன பாக்கணும்?"

யாரும் அவளிடம் அதைக் கேட்டதில்லை. அவளும் கேட்டுக்கொண்டதில்லை. சாப்பாடு ஆறிப்போகும் வரை யோசித்தாள்.

மேற்கு மலை என்று ஒன்று இருந்தது. பாறையில் குடைந்த படிகள், உச்சியில் ஒரு வாசல். அவள் கேட்டு எழுதிய அத்தனை பேரும் படிக்கட்டின் அடியிலேயே உட்கார்ந்துவிட்டவர்கள். அதனால் அடிவாரத்தில் எந்தக் கடை, எந்த நிழல் என்று பக்கம் பக்கமாக எழுதியிருந்தாள். மேலே என்ன இருக்கிறது என்று ஒரு வரிகூட இல்லை. எல்லாருடைய திட்டத்திலிருந்தும் அந்தப் படிகளை அவளே அடித்துவிட்டிருந்தாள்.

மறுநாள் செட்டியாரும் ஆச்சியும் அடிவாரத்தில் தேநீரோடு உட்கார்ந்துகொள்ள, சாந்தா மட்டும் ஏறினாள். நாற்பது நிமிஷம் ஆயிற்று. உச்சியில், நேர் கீழே, கடல் போல ஒரு பெரிய ஏரி. அதன் ஓரத்தில் முழு நகரமும் தெரிந்தது. பச்சை ஏரி எந்தப் பக்கம், விடுதி எந்தப் பக்கம், விமான நிலையத்துச் சாலை எப்படி வளைகிறது என்று ஒவ்வொன்றாக அடையாளம் கண்டுபிடித்தாள். நோட்டை எடுக்கவில்லை. குளிரில் மூக்கு சிவந்து கீழே வந்தபோது, செட்டியார் அவளுக்கென்று மூடி வைத்திருந்த தேநீரை எடுத்துக் கொடுத்தார்.

யாங்கோன் திரும்பிய மறுநாள் பாயிடம் பேசினாள். பாய் முதலில் சிணுங்கினார். வியாபாரத்தில் ஒரு வார்த்தை முன்னே பின்னே இருக்கத்தான் செய்யும், அதற்காகக் கடையை மூடச் சொல்கிறாயா தங்கச்சி என்றார். இனிமேல் யார் கேட்டாலும் ஒரு தடவை, நாலு நாள் என்றுதான் சொல்வேன், பாயும் அப்படித்தான் சொல்ல வேண்டும் என்றாள். பதினோரு வருஷத்தில் அவள் அவரிடம் அப்படிப் பேசியது அதுதான் முதல் தடவை. அவர் சரி என்றார். அந்த மாதமே ஒரு குடும்பம், அனுபவமில்லாத பெண்ணா என்று எழுந்து போய்விட்டது. பாய் செய்தித்தாளைப் புரட்டினார்.

ஆச்சி கோயிலில் சொல்லாமல் இருக்கவில்லை. வெள்ளிக்கிழமை பிரகாரத்தில் நாலு பேரைக் கூட்டி வைத்து, ஸ்டியரிங்குக்கு முன்னால் அவள் உட்கார்ந்த கோலத்தை நடித்தே காட்டினாராம். கேட்ட சாந்தாவுக்கு வெட்கம் பிடுங்கித் தின்றது. இரண்டு வாரம் கோயில் பக்கமே போகவில்லை.

மூன்றாவது வாரம் ஒரு காலையில் சொர்ணம்மாள் என்ற விதவைப் பெண்மணியும் அவர் அக்காளும் மூச்சு வாங்க மாடியேறி வந்தார்கள். இருவருக்கும் அறுபதுக்கு மேல். போகாத ஊரைக் காட்டின பெண் எது என்று கேட்டார்கள். பாய் சன்னல் பக்கம் கையைக் காட்டினார்.

"ஆச்சி சொன்னாங்க," என்றார் சொர்ணம்மாள். "எங்களுக்குக் குன்மிங் வேணாம்மா. பெய்ஜிங்குக்கு எழுதித் தருவியா? அங்கயும் நீ போனதில்லையாமே."

"போனதில்லம்மா. அத மொதல்லயே சொல்லிடுறேன். கேட்டுத்தான் எழுதணும், ரெண்டு மூணு மாசம் ஆகும். பரவாயில்லைன்னா உக்காருங்க."

இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். பிறகு நாற்காலிகளை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்கள்.