துருக்கியில் ஒரு செத்தவீடு

நேற்று மாலை நான்கு நாற்பதுக்கு மகளை அழைத்தேன். அவளுடைய கைபேசியில் மணி அடிக்கவேயில்லை. வெளியே பனி கொட்டிக்கொண்டிருந்தது. பல்கலைக்கழகத்திலிருந்து எப்போதோ புறப்பட்டுவிட்டதாகச் செய்தி அனுப்பியவள். அதற்குள் மனம் எங்கெங்கோ ஓடிவிட்டது, சிரிக்காதீர்கள்.

பதற்றம் தணியட்டும் என்று தொலைக்காட்சியைப் போட்டேன். தமிழில் குரல் கொடுத்த அந்தப் பழைய துருக்கித் தொடர். சுரங்கம் இடிந்துவிட்டது, ஊரே அதன் வாயிலில் காத்து நிற்கிறது. பிள்ளையைக் காணாத தாய் பார்க்கத் தோதான தொடர்தான்!

ஆனாலும் நிறுத்தவில்லை. அந்தப் பெண்களின் சால்வைகளைக் கண்டதும் ஈரக் கம்பளி மணம் மூக்கில் ஏறியது. இந்த நாட்டுக்கு வந்த புதிதில், நகரத்துக்குள் வில்லரேயில் நாங்கள் இருந்த மாடிக் கட்டிடத்தின் நடைவழி மணம் அது. அங்கே சப்பாத்துகளைக் கதவுக்கு வெளியேதான் கழற்றுவோம். ஒரு வாசலில் நிறையச் சப்பாத்துகள் கிடந்தால் ஏதோ விசேஷம். கூடவே அழுகையும் கேட்டால் செத்தவீடு. அந்த வீட்டில் அடுப்பு எரியாது. அக்கம்பக்கத்தார்தான் சமைத்துக் கொண்டுபோக வேண்டும்.

ஒருநாள் இதே காட்சியை, அதே நடைவழியில் இருந்த செல்வியக்கா வீட்டில் பெண்கள் கூடியிருந்து பார்த்து அழுதுகொண்டிருந்தோம். மகள் அப்போது சின்னவள், என் மடியில். கதவு திறந்தது. ஜான்-டலோன் சந்தையில் மரக்கறிப் பெட்டி இறக்கும் மேல்மாடி ராசன் அண்ணை, வெள்ளைச் சேட்டுப் போட்டு, ஒரு சட்டி சோறும் பருப்புமாகத் தலைகுனிந்து நின்றார்.

"எப்ப நடந்தது, பிள்ளை?"

"இப்பத்தான் அண்ணை," என்றார் செல்வியக்கா, மூக்கைச் சிந்தியபடி. "சுரங்கம் இடிஞ்சிட்டுது."

"ஐயோ! எங்க?"

"துருக்கியில."

அண்ணை தலை நிமிர்ந்தார். "துருக்கியில ஆர் உங்களுக்கு?"

முதலில் சிரித்தவள் என் மகள்தான். அண்ணைக்குக் கோபம். "அப்ப சோத்தைக் கொண்டுபோறன்" என்று திரும்பியவர், திரையில் தம்பியைத் தேடி ஓடும் பெண்ணைக் கண்டு நின்றார். "பொறு, பொறு. இவள் ஆர்?" சட்டி காலியாகும்வரை கதை சொன்னோம். மறுநாள் எங்களுக்கு முன்னரே வந்து கதிரை பிடித்துவிட்டார்.

பிறகு கட்டிடத்தை விற்றார்கள்; ஆளுக்கொரு திசையாகப் போனோம். இங்கே புறநகரில், புரோசார்ட்டில் எங்களுக்குத் தனிவீடு. சப்பாத்து வைக்க உள்ளேயே அலுமாரி. நேற்று வாய்விட்டே அழுதேன். ஒருவரும் சோறு கொண்டுவரவில்லை.

ஆறு மணிக்குக் கதவு திறந்தது. தொப்பியெல்லாம் பனியோடு மகள். "ஸாரி அம்மா, பஸ் நகரவே இல்லை, போனில சார்ஜும் இல்லை..." என்றவள் தொலைக்காட்சியையும் என் முகத்தையும் மாறிமாறிப் பார்த்தாள்.

"ஆர் செத்தது? இங்கயோ, துருக்கியிலயோ?"